முப்பத்து மூன்று விநாடியும் ஒரு மிருதங்கமும்

பெரிய ஒளிப்பதிவாளர்களோடு வேலை பார்த்த கதையை ஆளாளுக்குச் சொல்லக் கேட்டிருக்கிறேன். நான் பெரிய பெயர்களிடம் இருந்தவனில்லை. சினிமா, விளம்பரம், ஆல்பம் பாட்டு, சபா கச்சேரி என்று எது வந்தாலும் எடுக்கும் ஒருவரிடம் பதினோரு வருடம் உதவியாளராக இருந்தேன். பெயர் வேண்டாம், அவருக்குப் பிடிக்காது.

சேர்ந்த புதிதில் ஃபிலிம்தான். என் வேலை, வெளிச்சம் படாமல் கறுப்புப் பைக்குள் கைவிட்டு, கேமராவின் ஃபிலிம் பெட்டியான மேகசினை லோட் செய்வது. 400 அடி ரோல், விநாடிக்கு 24 ஃபிரேமில் நாலரை நிமிடத்துக்குக் கொஞ்சம் குறைவாக ஓடும். இது மனப்பாடம். ஒரு நாள் பாட்டு ஷூட்டிங். மேகசினில் 100 அடி மிச்சம். "ஒரு நிமிஷம் தாராளமா ஓடும் சார்" என்றேன். கேமரா 48 ஃபிரேமில் இருந்ததை மறந்துவிட்டேன். டேக் நாற்பது விநாடி. முப்பத்து மூன்றாவது விநாடியில், கதாநாயகி திரும்பிப் பார்க்கும் இடத்தில், ஃபிலிம் தீர்ந்தது.

பாட்டு ஷூட்டிங் பார்க்காதவர்களுக்காக: 48-ல் எடுத்தால் திரையில் எல்லாம் பாதி வேகத்தில் தெரியும். அதனால் ஸ்பாட்டில் பாட்டை இரண்டு மடங்கு வேகத்தில் ஓட விடுவார்கள். அதற்கு முன்பு பயன்பட்ட டேப் மெஷினான நாகராவின் பெயர் மட்டும்தான் மிச்சம், ஓடுவது கம்ப்யூட்டரில். பாடகி குரல் குருவி கத்துவதுபோல் கேட்கும். நடிகர்கள் அந்த வேகத்துக்கு வாயசைத்து ஓடியாட வேண்டும். திரையில் வாய் பாட்டோடு சேர்ந்துவிடும், தாவணி மட்டும் மெதுவாக மிதக்கும். வேடிக்கை பார்க்கும் கூட்டம் சிரிக்காமல் இருந்ததே இல்லை.

சார் திட்டவில்லை. சாயங்காலம் வேனில், "தம்பி, சரணம் எத்தனை வரி?" என்றார். எனக்குத் தெரியவில்லை. "பாட்டே தெரியாம எப்படி ஃபிலிம் கணக்குப் போட்ட?" அதோடு சரி. அதற்கப்புறம் ஒவ்வொரு பாட்டையும் முதல் நாள் ராத்திரியே விநாடி எண்ணிக் கேட்டுவிட்டுத்தான் தூங்குவேன்.

அவர் அடிக்கடி எடுத்துக்காட்டுவது 1998-ல் வந்த 'தில் சே' ரயில் பாட்டு, தமிழில் 'உயிரே'. மேட்டுப்பாளையம்–ஊட்டி மலை ரயிலின் மேலேயே ஆட விட்டு சந்தோஷ் சிவன் எடுத்தது. "ஒவ்வொரு வளைவுலயும் வெயில் இடம் மாறும். லைட்டுக்கு ஜெனரேட்டரைக் கூரை மேலயா ஏத்த முடியும்?" என்பார். ராஜீவ் மேனனையும் சொல்வார். விளம்பரப் படங்களில் தொடங்கி, 'பம்பாய்'க்கு ஒளிப்பதிவு செய்து, பிறகு மிருதங்கம் படிக்கும் பையனைப் பற்றியே ஒரு படம் இயக்கியவர். பின்னணிப் பாடகி கல்யாணி மேனனின் மகன் அல்லவா, காது வீட்டிலேயே பழகியிருக்கும்.

எங்களுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. மார்கழியில் மயிலாப்பூர் சபா ஒன்றில் மூன்று கேமராவில் கச்சேரிப் பதிவு வந்தபோது, பாட்டு நின்று தாள வாத்தியங்கள் மட்டும் வாசிக்கும் தனி ஆவர்த்தனம் என்றால் எனக்குத் தெரிந்தது கேன்டீனுக்குப் போகும் நேரம் என்பதுதான். முதல் நாள் நான் வாசிப்பவர் முகத்தையே பிடித்துக்கொண்டிருந்தேன். கடைசியில் கையில் பிடித்துத் தட்டும் கஞ்சிராவும் சேர்ந்து சபாவே கைதட்டியபோது என் கேமரா இன்னும் மிருதங்கக்காரர் மூக்கில்தான் இருந்தது.

கச்சேரியில் ரீடேக் கிடையாது. சார் போய் அந்த வித்வானிடமே கேட்டுவிட்டு வந்தார். மோரா என்ற தாளக்கட்டு வந்தால் முடிக்கப் போகிறார்கள், அடுத்து கோர்வை என்ற முடிப்புக் கட்டு, அது மூன்று தடவை வரும். "முதல் தடவை கை. ரெண்டாவது கஞ்சிரா. மூணாவதுக்கு மேடை முழுக்கத் தெரியற வைடு. நீ தேட வேண்டாம், அவங்களே சொல்லிட்டுத்தான் வர்றாங்க" என்றார்.

இன்னொன்றும் கண்டுபிடித்தார். மிருதங்கத்தில் சபையில் இருப்பவர்களுக்குத் தெரிவது வலது கை வாசிக்கும் வலந்தலை மட்டும்தான். இடது கை வாசிக்கும் தொப்பிப் பக்கம் உள்ளே திரும்பியிருக்கும். கும்கி என்கிற குழைந்த ஒலி வருவது அந்த இடது கையில். மறுநாள் என்னை விங்குக்குப் பின்னால், திரையை ஒட்டி உட்கார வைத்தார். கச்சேரிக்கு முன்னால் வித்வான் ரவையைப் பிசைந்து தொப்பியில் அப்பி, தட்டிப் பார்த்து, விரலால் கொஞ்சம் வழித்து, மறுபடி தட்டினார். கும்கி விழும்போது மணிக்கட்டு தோலின்மேல் அழுந்தி முன்னால் வழுக்குகிறது. பதினைந்து அடி தூரத்தில் அதைப் பார்த்தபோதுதான் அந்தச் சத்தம் எங்கிருந்து வருகிறது என்று எனக்குப் புரிந்தது. கோர்வை மூன்றாவது தடவை வந்தபோது வைடுக்கு நானே போனேன், இயர்போனில் அவர் சொல்வதற்கு முன்பே.

பேக்கப் சொன்னபிறகு வித்வான் மானிட்டரில் பார்த்தார். முகம் வந்த ஷாட் எதையும் கேட்கவில்லை. "அந்த இடது கையை மட்டும் தனியா பென் டிரைவ்ல போட்டுத் தர முடியுமா? பசங்களுக்குக் காட்டணும்" என்றார்.

பென் டிரைவை அன்றைக்கே கொடுத்துவிட்டோம். எங்களுக்கு வர வேண்டிய பேட்டா மட்டும் பங்குனியில்தான் வந்தது.