பில்டுங்ஸ்பியூர்கர்டூம்: ‘கல்விக்குடி’ சரிவருமா?

நண்பர்களுக்கு வணக்கம்.

ஒரு வாரமாக இந்த இழையில் வந்த பரிந்துரைகள் எல்லாவற்றையும் படித்தேன். நான் மொழிபெயர்த்துக்கொண்டிருக்கும் ஜெர்மானியச் சமூக வரலாற்றுக் கட்டுரையில் ‘பில்டுங்ஸ்பியூர்கர்டூம்’ என்ற ஜெர்மன் சொல் பக்கத்துக்கு நாலு தடவையாவது வருகிறது. படிப்பையும் அது தந்த பதவியையும் வைத்து உயர்ந்த குடும்பங்களின் வட்டத்தைச் சொல்வது அது. ‘பில்டுங்’ என்ற முதல் பாதி ஒருவர் தன்னை உருவாக்கிக்கொள்ளும் படிப்பையும், ‘பியூர்கர்டூம்’ என்ற மறுபாதி அந்த வட்டத்தையும் குறிக்கின்றன. இதைத் தமிழில் எப்படிச் சொல்வது என்பதுதான் கேள்வி. இதில் சறுக்கினால் கட்டுரை முழுக்கச் சறுக்கும். அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

> ‘படித்த நடுத்தர வர்க்கம்’ என்றே போட்டுவிடலாமே, எல்லோருக்கும் புரியும்.

புரியும்தான். ஆனால் மாதச் சம்பளம், வீட்டுக்கடன், பிள்ளைக்கு டியூஷன் என்று இன்றைய குடும்பம் ஒன்றுதான் வாசகர் கண்முன் வரும். இந்த ஜெர்மானியர்கள் வேறு. பிரஷ்யா என்ற ஜெர்மானிய அரசில் 1794இல் வந்த பொதுச் சட்டத் தொகுப்பு மக்களை உழவர், நகரத்தார், பிரபுக்கள் என்று மூன்றாகப் பிரிக்கிறது. அரசு அதிகாரிகள், பேராசிரியர்கள், திருச்சபைப் போதகர்கள் இதில் எங்கும் சரியாக அடங்கவில்லை. வசித்தது நகரத்தில், ஆனால் நகர நீதிமன்றம் அவர்களை விசாரிக்க முடியாது, அரசின் மேல்நீதிமன்றம்தான் விசாரிக்கும். நிலம் இல்லை, ஆலை இல்லை, பிரபுப் பட்டமும் இல்லை. இருந்ததெல்லாம் படிப்பும் அது வாங்கித் தந்த பதவியும். ‘முதலாளி வர்க்கம்’, ‘நகரமாந்தர்’ என்ற பரிந்துரைகள் இரண்டும் இங்கேயே அடிபட்டுப் போகின்றன.

> பில்டுங்குக்குக் ‘கல்வி’ போதவே போதாது. ‘வனைவு’ எப்படி?

‘வனைவு’ எனக்கு மிகவும் பிடித்தது. பில்டுங்கின் வேரான பில்ட் என்றால் உருவம், படம். குயவர் பானை வனைவார், ஓவியர் படம் வனைவார். வேரோடு வேர் பொருந்துகிறது. ஆனால் பானை தன்னைத்தானே வனைந்துகொள்வதில்லையே. ஜெர்மானியர் ‘ஸிஹ் பில்டன்’, அதாவது தன்னை உருவாக்கிக்கொள்வது, என்பார்கள். அதில் செய்பவரும் செய்யப்படுபவரும் ஒரே ஆள். பிறர் நம்மை உருவாக்குவதற்கு எர்ட்சீஹுங் என்று தனிச்சொல் வைத்திருக்கிறார்கள். அதற்கு நம் ‘வளர்ப்பு’ கச்சிதம்.

தன்வினை என்று பார்த்தால் ‘பண்படல்’ பொருந்தும். சிக்கல் வேறிடத்தில். 14 வயதில் பெர்லினுக்கு வந்து, பல்கலைக்கழகத்தில் படிக்காமலேயே பேரறிஞராக உயர்ந்த யூதர் மோசஸ் மெண்டெல்சோன். அவர் 1784இல் எழுதிய கட்டுரை ஒன்று, அறிவொளி, குல்ட்டூர், பில்டுங் மூன்றும் நம் மொழிக்குப் புதிதாக வந்து சேர்ந்த சொற்கள், இப்போதைக்கு ஏட்டு வழக்கில்தான் இருக்கின்றன என்று தொடங்குகிறது. (அவர்களும் நம்மைப் போலச் சொல்லோடு மல்லுக்கட்டியவர்கள்தான் என்று நினைக்கும்போது எனக்குப் பெரிய தெம்பாக இருக்கிறது.) ஒரே வரியில் குல்ட்டூரும் பில்டுங்கும் நிற்கின்றன, பாருங்கள். ‘பண்பாடு’ என்ற சொல் குல்ட்டூருக்குப் போய்விட்டது. பக்கத்திலேயே ‘பண்படல்’ என்று எழுதினால் வாசகர் இரண்டையும் ஒன்றென்றே எடுத்துக்கொள்வார்.

சுற்றிச் சுற்றி நான் ‘கல்வி’க்கே வந்துவிட்டேன். கற்பவர் செய்வது கல்வி. சொல்லித் தருபவர் செய்வது கற்பித்தல். ‘கற்றனைத் தூறும் அறிவு’ என்ற குறளில் தோண்டுபவரும் கற்பவர்தான், ஊறுவதும் அவரிடம்தான். ஆசிரியரே அங்கே கிடையாது. பில்டுங் என்பதும் இதுதான். பின்னாளில் கல்வித்துறை, கல்விக்கட்டணம் என்று நம் சொல் சுருங்கியது. பில்டுங்குக்கும் அதே கதி நேர்ந்தது. என் கட்டுரையின் பொருளே அந்தச் சுருக்கம்தான்.

1806இல் யேனாவில் நெப்போலியனிடம் தோற்ற பிரஷ்யா, தன்னைத் திரும்பக் கட்டியெழுப்ப முனைந்தது. 1809இல் வில்ஹெல்ம் ஃபான் ஹம்போல்ட் கல்விப் பொறுப்புக்கு வந்தார். அந்தப் பதவியில் இருந்தது 16 மாதம்தான். அறிஞர் மேசை செய்யக் கற்பது எப்படி வீணில்லையோ, அப்படியே தச்சர் கிரேக்கம் கற்பதும் வீணில்லை என்று அவர் எழுதினார். எத்தனை பெரிய மனசு! ஆனால் நடந்தது வேறு. 1810இல் கிம்னாசியம் என்ற, பல்கலைக்கழகத்துக்குத் தயார்செய்யும் மேல்நிலைப் பள்ளிகளின் ஆசிரியர்களுக்குத் தேர்வு வந்தது. 1812இல் அபிட்டூர் என்ற பள்ளியிறுதித் தேர்வுக்கு விரிவான விதிகள் வந்தன. 1834க்குப் பிறகு அபிட்டூர் இல்லாதவருக்குப் பல்கலைக்கழகக் கதவு திறக்காது என்றாயிற்று. தச்சர் கைக்குக் கிரேக்கம் வரவேயில்லை. கிரேக்கமும் லத்தீனும் பதவிக்குப் போகும் வழியில் வேலியாக நின்றன.

அந்த வேலியின் ஒரு துண்டை நான் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன். தொண்ணூறுகளில் கோட்டிங்கன் என்ற ஜெர்மன் பல்கலைக்கழக நகரத்தில் ஒரு முதிய அம்மையார் வீட்டு மாடியறையில் ஆறு மாதம் தங்கியிருந்தேன். கூடத்துப் புத்தக அலமாரிக்கு மேலே அவருடைய தாத்தாவின் படம், பழுப்பேறிய அட்டையில். இராணுவச் சீருடை, இருபது வயதிருக்கும். தோள்பட்டியின் ஓரத்தைச் சுற்றிக் கறுப்பும் வெள்ளையுமாக முறுக்கிய கயிறு ஒன்று தைத்திருந்தது. வீரத்துக்குக் கொடுத்ததா என்று கேட்டேன். இல்லை, பள்ளிக்கூடத்துக்குக் கொடுத்தது என்றார்.

விஷயம் இதுதான். அங்கீகாரம் பெற்ற மேல்நிலைப் பள்ளியில் ஆறு ஆண்டு முடித்த சான்றிதழ் இருந்து, உடுப்புச் செலவையும் சாப்பாட்டுச் செலவையும் தானே ஏற்றுக்கொண்டால், மூன்று வருடக் கட்டாயப் படைச்சேவையை ஒரே வருடத்தில் முடித்துவிடலாம். அப்படி வந்த ‘ஒருவருடத் தன்னார்வலர்’களின் அடையாளம் அந்தக் கயிறு. கறுப்பு வெள்ளை, பிரஷ்யாவின் நிறம். இந்தச் சான்றிதழ் கைக்கு வந்ததுமே பள்ளியை விட்டு நின்ற பையன்கள் ஏராளம். தச்சர் மகனும் பக்கத்தில் அதே துப்பாக்கியோடு நின்றிருப்பான், தோளில் கயிறு இல்லாமல், இன்னும் இரண்டு வருடம் பாக்கி வைத்துக்கொண்டு.

அம்மையார் அந்தக் கயிற்றைக் கண்ணாடிக்கு மேலாக விரலால் தடவிக் காட்டினார். சான்றிதழ் தாத்தாவுடையது, பெருமை பேத்தி வரை வந்திருக்கிறது. சில குடும்பங்களில் நிலமும் நகையும் கைமாறுவது போல அங்கே கல்வி கைமாறியிருக்கிறது. எனக்குக் ‘குடி’ என்ற சொல் அந்த நினைவிலிருந்துதான் வந்தது. பியூர்கர் என்ற ஜெர்மன் சொல்லில் நாட்டின் குடிமகனும் இருக்கிறார், வசதியான நகரக் குடும்பத்தாரும் இருக்கிறார். குடிமகன், குடியரசு, உயர்குடி என்று நம் சொல்லும் இரண்டு பக்கமும் பேசும்.

ஆகவே என் பரிந்துரை: பில்டுங் என்பது கல்வி. பில்டுங்ஸ்பியூர்கர்டூம் என்பது கல்விக்குடி. ஆட்களைச் சொல்லும்போது கல்விக்குடியினர்.

இந்த வேலியை எதிர்த்து எழுந்த தொழிலாளர் இயக்கத்தினரும் பில்டுங் என்ற இதே சொல்லைத்தான் கையில் எடுத்தார்கள் என்பதையும் கவனியுங்கள். லைப்ட்சிகில் தொழிலாளர் கல்விச் சங்கத்துக்குத் தலைமை தாங்கியவர் ஆகஸ்ட் பேபெல், கடைசல் பட்டறைத் தொழிலாளி. அவருடைய தோழர் வில்ஹெல்ம் லீப்க்னெஷ்ட், அறிவே ஆற்றல், ஆற்றலே அறிவு என்று 1872இல் பேசினார். 1965இல் சமூகவியலாளர் ரால்ஃப் டாரன்டோர்ஃப் மேற்கு ஜெர்மனியில் எழுப்பிய முழக்கத்தைத் தமிழில் சொன்னால் ‘கல்வி குடியுரிமை’. கல்விக்குடி, கல்வி குடியுரிமை! ஜெர்மனிலும் இப்படித்தான், அதே இரண்டு வேர்கள். ஒரு குடியின் சொத்தாக இருந்ததை எல்லாக் குடிமக்களுக்கும் உரிமையாக்கு என்ற கோரிக்கை அந்த இரண்டு சொல்லுக்குள்ளேயே இருக்கிறது. பில்டுங்குக்கு இடத்துக்கு ஒரு சொல் போட்டால் இது மொத்தமும் காணாமல் போய்விடும்.

உங்கள் கருத்துகளுக்குக் காத்திருக்கிறேன்.

அன்புடன்.

---

தம்பிக்கு,

நல்ல உழைப்பு. தன்வினை பற்றிச் சொன்னதை ஏற்கிறேன், ‘வனைவு’ என்ற என் பரிந்துரையைத் திரும்பப் பெறுகிறேன். ஆனால் ‘குடி’ எனக்கு உறுத்துகிறது. நம் காதில் குடி என்றால் பிறப்பு. பிறப்பு என்றதும் சாதி வந்து நிற்கும். ஜெர்மனியில் தேர்வு எழுதித்தானே உள்ளே போனார்கள்? ‘கற்றோர் வகுப்பு’ என்றால் இந்தச் சிக்கலே இல்லையே. தவிர, காரைக்குடி, மன்னார்குடி வரிசையில் கல்விக்குடியையும் ஓர் ஊர் என்று நினைத்துவிடுவார்கள்.

---

ஐயா, வணக்கம்.

ஊர்ப்பெயர்க் குழப்பம் உண்மைதான். தலைப்பிலும் முதல் முறை வரும் இடத்திலும் ‘கல்விக்குடியினர்’ என்றே எழுதுகிறேன்.

பிறப்பு விஷயத்தில் மட்டும் ஒன்று சொல்ல அனுமதியுங்கள். கணிதவியலாளர் எம்மி நோய்தரை எடுத்துக்கொள்வோம். அப்பா எர்லாங்கன் பல்கலைக்கழகத்தில் கணிதப் பேராசிரியர். 1900இல் மகள் அங்கேயே பாடம் கேட்கப் போனபோது 986 மாணவர்களில் பெண்கள் இரண்டு பேர்தான். அதுவும் பேராசிரியர் அனுமதித்தால் உட்காரலாம், மாணவராகப் பதிவுசெய்ய முடியாது. 1907இல் முனைவர் பட்டம் வாங்கினார். 1915இல் கோட்டிங்கன் போனவருக்குத் தன் பெயரிலேயே பாடம் நடத்தும் உரிமை 1919இல்தான் கிடைத்தது. நாஜிகள் ஆட்சிக்கு வந்த 1933இல், ஏப்ரல் மாதம், யூதர் என்பதால் வெளியே. பிறந்தது கல்விக்குடியில், முதலில் பெண் என்று தேர்வுக்கு வெளியே நிறுத்தினார்கள், பிறகு எல்லாம் தேறியவரைப் பிறப்பைச் சொல்லித் துரத்தினார்கள். பிறப்பும் தேர்வும் இப்படிப் பின்னிக் கிடப்பதை ‘வகுப்பு’ காட்டாது, ‘குடி’ காட்டும் என்றே நினைக்கிறேன். இரண்டாம் உலகப் போருக்குப் பின் கம்யூனிஸ்டுகள் ஆண்ட கிழக்கு ஜெர்மனியிலும் பிறப்பு பற்றிய இந்தக் கேள்வி போகவில்லை. அங்கே தொழிலாளர், உழவர் வீட்டுப் பிள்ளைகளைப் பல்கலைக்கழகத்துக்குத் தயார்செய்யத் தனிப் புலங்களே நடந்தன. போதகர் வீட்டுப் பிள்ளைகள் பலருக்கு இடம் மறுக்கப்பட்டது. அரசு முதலில் பார்த்தது அப்பா என்ன தொழில் என்பதைத்தான்.

‘கற்றோர்’ பற்றி என் தயக்கம் இன்னும் ஆழமானது, ஐயா. அது நம்மிடம் புகழ்ச்சொல். கோட்டிங்கனில் அதே 1933 ஏப்ரலில் இயற்பியலாளர் ஜேம்ஸ் ஃபிராங்க், முதல் உலகப் போரில் போரிட்டவர் என்பதால் தனக்கு விலக்கு இருந்தும், யூதர்களை நீக்குவதைக் கண்டித்துப் பதவி விலகினார். அவருடைய செயலைக் கண்டித்து அந்தப் பல்கலைக்கழக ஆசிரியர்கள் 42 பேர் கையெழுத்திட்டார்கள். அந்த மாதம் 25ஆம் தேதி வந்த சட்டம், புதிதாகச் சேரும் யூத மாணவர்களை 1.5 விழுக்காட்டுக்குள் அடைத்தது. மெண்டெல்சோன் காலம் தொட்டு, கற்றால் நம்மையும் ஏற்பார்கள் என்று நம்பி வந்த குடும்பங்களின் பிள்ளைகள் அவர்கள். அந்த 42 பேரைக் ‘கற்றோர்’ என்று எழுத என் கை வரவில்லை. ‘கல்விக்குடியினர்’ என்று எழுத முடிகிறது. அது புகழவும் இல்லை, இகழவும் இல்லை.

கட்டுரையின் முதல் பகுதியை இந்தச் சொல்லை வைத்துத் திருத்தி நாளை இரவு அனுப்புகிறேன். ஒருமுறை வாய்விட்டுப் படித்துப் பாருங்கள் ஐயா. எங்கே நாக்கு இடறுகிறதோ அங்கே கோடு போட்டு அனுப்புங்கள்.

அன்புடன்.