பறவை பார்க்க பரத்பூர் வரை போகணுமா, அதுக்குக் கைடு வேறயா?

லாஸ்பேட்டை சீனு:
ராஜஸ்தான் பரத்பூரில் இருக்கும் கேவலாதேவ் தேசியப் பூங்காவுக்கு அம்மாவைக் கூட்டிக்கொண்டு போய் வந்ததைப் போன வாரம் எழுதியிருந்தேன். கடைசியில், "கைடு இல்லாமல் போனால் பாதியைப் பார்க்காமல்தான் திரும்புவீர்கள்" என்று ஒரு வரி. அந்த ஒரு வரிக்குக் கீழே அவ்வளவு சண்டை. சரி, தனியாகவே பேசிவிடலாம் என்று இங்கே திறக்கிறேன்.

நடந்தது இதுதான். டிசம்பர் கடைசி வாரம். காலை ஆறரைக்கு வாசலில் நின்றோம். பனிமூட்டத்தில் பத்தடிக்கு அப்பால் ஒன்றும் தெரியவில்லை. காந்தி வீதி சண்டே மார்க்கெட்டில் வாங்கின ஸ்வெட்டர் அந்தக் குளிருக்கு முண்டா பனியன் மாதிரி இருந்தது. நம் காரை உள்ளே விடமாட்டார்கள். நடக்கலாம், சைக்கிள் எடுக்கலாம், இல்லாவிட்டால் சைக்கிள் ரிக்‌ஷா. அம்மாவுக்கு முட்டிவலி, அதனால் ரிக்‌ஷா. ஓட்டினவர் வயதான சர்தார்ஜி. அங்கே ரிக்‌ஷா ஓட்டுகிறவர்களுக்கே பறவை அடையாளம் காணப் பயிற்சி கொடுத்திருக்கிறார்கள்.

ஒரு மரத்தடியில் வண்டியை நிறுத்தி, பெடலில் வைத்த காலை எடுக்காமலே மேலே கண்ணைக் காட்டினார். எங்களுக்கு மரப்பட்டைதான் தெரிந்தது. அவர் அவசரப்படவில்லை. கொஞ்ச நேரம் கழித்து அந்தப் பட்டையில் ஒரு கண் பாதி திறந்தது, கறுப்புத் திராட்சை மாதிரி. பிறகுதான் காது தெரிந்தது, மூக்கு தெரிந்தது. சின்ன ஆந்தை. அம்மா "அடியே" என்றார்கள், சத்தமில்லாமல். நான் தனியாகப் போயிருந்தால் அந்த மரத்துக்குக் கீழே நின்று டீ குடித்துவிட்டு வந்திருப்பேன்.

செம்மண்டலம் குமரன்:
சீனு அண்ணா, கோவிச்சுக்காதீங்க. அந்த ஆந்தையை நீங்கள் பார்க்கவில்லை, உங்களுக்குக் காட்டினார்கள். இரண்டும் ஒன்றில்லை.

அந்த சர்தார்ஜி நேற்றும் அதே மரத்தடியில் நிறுத்தியிருப்பார், நாளைக்கும் நிறுத்துவார். சீசனில் எத்தனை ரிக்‌ஷா! பகலில் தூங்குகிற பிராணி அது. அத்தனை பேருக்கும் கண்ணைத் திறந்து காட்டிக்கொண்டிருந்தால் எப்போது தூங்கும்?

இன்னொன்று. இரண்டாயிரம் கிலோமீட்டருக்கு மேல் ரயிலில் போய் அங்கே என்ன வாத்து பார்த்தீர்கள்? ஊசிவால் வாத்து, தட்டைவாயன், நீலச்சிறகி. இந்த மூன்றும் அதே குளிர்காலத்தில் நம் புதுச்சேரி ஊசுட்டேரிக்கும் மரக்காணம் பக்கத்துக் கழுவெளிக்கும் வருகின்றன. உங்கள் வீட்டிலிருந்து ஊசுட்டேரி எவ்வளவு தூரம்? பைக்கில் பெட்ரோல் போட வேண்டிய அவசியம்கூட இல்லை.

லாஸ்பேட்டை சீனு:
தம்பி, வரித்தலை வாத்து வருமா ஊசுட்டேரிக்கு? அதுதானே இமயமலையைத் தாண்டி வருவது. 7,000 மீட்டருக்கு மேலே பறப்பதைக் கருவி கட்டி அளந்திருக்கிறார்கள். அதைக் கூட்டம் கூட்டமாகப் பார்த்தேன். சாரஸ் கொக்கு நம் ஊரில் உண்டா? ஆள் உயரம் நிற்கிறது. ஜோடியாகத் தலையைத் தூக்கிக் கூப்பிட்டால் நெஞ்சுக்குள் கேட்கிறது. "சும்மா வாத்து" என்று சொல்லிவிடாதீர்கள்.

செம்மண்டலம் குமரன்:
சாரஸ் தருகிறேன், அது உங்களுக்கு. வரித்தலை வாத்துக்கு ராஜஸ்தான் எதற்கு? திருநெல்வேலி கூந்தன்குளத்துக்கே வருகிறது. ராத்திரி பஸ் ஏறினால் காலையில் போய்விடலாம்.

மஞ்சக்குப்பம் மலர்:
இரண்டு பேருமே ஒரு விஷயத்தை விட்டுவிட்டீர்கள். கைடு என்றால் எந்தக் கைடு?

மூன்று வருஷம் முன்னால், வேறொரு மாநிலத்தில், குளிர்கால டூர் ஒன்றில் போனேன். பூங்கா பெயர் வேண்டாம். ஒரு புதர் பக்கம் எங்களை நிற்க வைத்துவிட்டு, கைடு பையிலிருந்து சின்ன ஸ்பீக்கரை எடுத்தார். போனில் ஒரு பறவையின் குரலைப் போட்டார். உள்ளே இருந்தது வெளியே பாய்ந்து வந்து, எதிரி எங்கே என்று கிளைக்குக் கிளை தாவியது. வாயைத் திறந்து கத்தியது. கேமராக்காரர்களுக்கு ஒரே கொண்டாட்டம். அவர் மறுபடி போட்டார். நான்காவது தடவை நான் சொன்னேன், "அண்ணா, போதும்." "மேடம், நீங்க காசு கட்டி வந்திருக்கீங்க, நல்லா பாருங்க" என்றார். அது தன் இடத்தை எவனோ பிடிக்க வந்துவிட்டான் என்று நினைத்துத்தான் அப்படிப் பறந்தது. அப்புறம் எனக்குப் படம் எடுக்கவே கை வரவில்லை.

இதையும் சொல்லிவிடுகிறேன்: கைடே இல்லாமல் போன கூட்டம் செய்கிறதும் குறைவில்லை. பூநாரை வந்திருக்கிறது என்று வாட்ஸப்பில் செய்தி பரவினால் போதும், அடுத்த ஞாயிற்றுக்கிழமை சேற்றில் இறங்கித் துரத்திப் பறக்கவிட்டு ரீல்ஸ் எடுக்கிறார்கள். யார் தடுப்பது?

லாஸ்பேட்டை சீனு:
அதைத்தான் நானும் சொல்கிறேன், மலர். எங்கள் சர்தார்ஜி தடுத்தார். மலைப்பாம்பு ஒன்று பொந்து வாசலில் வெயில் காய்ந்துகொண்டிருந்தது. தொடைப் பருமன், தோல் மங்கி, செத்தது மாதிரி. எனக்குக் கிட்டே போக ஆசை. அவர் கையைக் குறுக்கே நீட்டிவிட்டார். பாம்புக்குச் சொந்தமாகச் சூடு கிடையாது. பனி விலகியபின் கிடைக்கிற அந்தக் கொஞ்ச நேர வெயில்தான். நாம் பயமுறுத்தினால் பொந்துக்குள் போய்விடும், அன்றைக்கு வெயில் போச்சு. அரைகுறை ஆங்கிலத்திலும் கையாலும் இதை அவர் விளக்கினது அம்மாவுக்கே புரிந்தது. தனியாகப் போகிறவனுக்கு இதை யார் சொல்வார்கள்?

செம்மண்டலம் குமரன்:
நான் தனியாகத்தான் போகிறேன், எந்தப் பாம்பையும் எழுப்பினதில்லை. புத்தகம் பார்த்துக் கற்றேன், தப்பாகச் சொல்லி நாலு பேரிடம் திட்டு வாங்கிக் கற்றேன். ஏழு வருஷமாக ஊசுட்டேரிக்கும் கடலூர்ப் பக்கத்துப் பெருமாள் ஏரிக்கும் போகிறேன். அதில் ஒன்று தெரிந்தது, எந்தக் கைடும் சொல்லாதது. ஐப்பசி கார்த்திகை மழையில் ஏரி முட்ட நிரம்பிவிடும். மார்கழியில் போனால் வாத்தெல்லாம் நடுவில் புள்ளி புள்ளியாகத்தான் தெரியும். அரையாண்டு லீவில் குடும்பத்தோடு போய்விட்டு "ஒண்ணுமே இல்லைப்பா" என்று திரும்புகிறவர்கள் எல்லாம் அப்போது போகிறவர்கள்தான். தை பாதிக்கு மேல் தண்ணீர் இறங்கி ஓரத்தில் சேறு தெரியும். அரிவாள் மூக்கன், கரண்டிவாயன், உள்ளான் எல்லாம் அப்போதுதான் கிட்டே வரும். ஒரே ஏரிக்கு இருபது தடவை போனால்தான் இது பிடிபடும். ஒரு நாள் டூரில் கிடைக்காது.

வில்லியனூர் வாத்தியார்:
படித்துக்கொண்டே வந்தேன். ஒரு பழைய கதை சொல்லலாமா? பரத்பூர் என்றதும் எல்லாரும் இயற்கையின் அதிசயம் என்கிறார்கள். பாதி சரி. அது பள்ளமான இடம்தான், ஆனால் கரை போட்டு, மதகு வைத்து, தண்ணீரைத் தேக்கிச் சதுப்பு நிலமாக வைத்திருந்தது மன்னர்கள். எதற்கு? வாத்து சுட. 1938 நவம்பரில் வைசிராய் லின்லித்கோ வந்தபோது ஒரே நாளில் 4,273 பறவைகளைச் சுட்டிருக்கிறார்கள். பூங்காவுக்குள் இருக்கிற கோயில் பக்கம் கல்லில் வெட்டி வைத்திருக்கிறார்கள். சீனு பார்த்திருப்பார்.

லாஸ்பேட்டை சீனு:
பார்த்தேன் சார். தேதி, யார் வந்தது, எத்தனை துப்பாக்கி, எத்தனை பறவை என்று வரிசையாக. கோயில் கல்வெட்டில் உபயதாரர் பெயர் போடுவது மாதிரி. அம்மா "இதைப் போய் கல்லுல வெட்டுவாங்களா" என்று கேட்டார்கள்.

வில்லியனூர் வாத்தியார்:
சுதந்திரத்துக்குப் பிறகு சரணாலயம், 1980களின் தொடக்கத்தில் தேசியப் பூங்கா, 1985இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னம். இங்கேதான் சிக்கல். 1972 வனவிலங்குச் சட்டப்படி சரணாலயத்தில் ஊர்க்காரர்களின் சில உரிமைகளை விட்டுவைக்கலாம். தேசியப் பூங்கா ஆகிவிட்டால் மேய்ச்சல் கிடையாது. பரம்பரையாக எருமை மேய்த்தவர்களை 1982இல் வெளியே நிறுத்தினார்கள். கலவரம், போலீஸ் துப்பாக்கிச் சூடு, ஊர்க்காரர்கள் செத்தார்கள். அதற்குப் பிறகு என்ன ஆயிற்று தெரியுமா? எருமை தின்றுகொண்டிருந்த புல் தண்ணீரை மூடிவிட்டது. வாத்துக்கு இறங்க இடமில்லை. பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகத்தின் நீண்ட ஆய்வே மேய்ச்சல் தடை பறவைகளுக்குக் கெடுதல் செய்தது என்று சொன்னது. பறவையைக் காப்பாற்றப் போட்ட தடை.

சைபீரியக் கொக்கு கதையும் உண்டு. பரத்பூரின் பெருமையே அதுதான். 2002க்குப் பிறகு ஒன்றுகூட வரவில்லை. அதற்கு முக்கியக் காரணம் வருகிற வழியில் நடந்த வேட்டை என்கிறார்கள், அதை எருமை தலையில் கட்ட முடியாது.

பாகூர் முருகையன்:
வாத்தியார் ஐயாவுக்கு வணக்கம். நான் பறவை பார்க்கிறவன் இல்லை, ஏரிக்குக் கீழே நிலம் வைத்திருக்கிறேன். மகன் இந்தப் பக்கத்தைக் காட்டினான்.

நீங்கள் எல்லாரும் கைடு வேணுமா வேண்டாமா என்று பேசுகிறீர்கள். எனக்கு ஒரு கேள்வி. எங்கள் எருமை காலையில் ஏரியில் இறங்கி மதியம் ஏறுகிறது. அதன் முதுகில்தான் கொக்கு உட்கார்ந்திருக்கிறது. நாளைக்கு டூர், டிக்கெட், படகு என்று வந்தால் முதலில் வெளியே போகச் சொல்வது யாரை? பரத்பூரில் சொன்னதைத்தானே?

ராத்திரியில் வாத்து வயலில் இறங்கி நெல்லைச் சேதம் பண்ணுவதும் உண்டு. அதைப் பார்க்க யாரும் காசு கொடுத்து வருவதில்லை.

லாஸ்பேட்டை சீனு:
முருகையன் அண்ணே, நியாயமான கேள்வி. ஆனால் அங்கே பின்னால் நடந்ததையும் சேர்த்துப் பார்க்கணும். ரிக்‌ஷா ஓட்டுகிறவர்கள், கைடு, ஊரைச் சுற்றி லாட்ஜ், டீக்கடை, இத்தனை குடும்பம் அந்தப் பறவையால் சாப்பிடுகிறது. நம்ம ஊர் மாதிரியே அங்கேயும் வேலிக்காத்தான் மண்டிவிட்டது. சுற்றுக் கிராமத்து ஜனங்களையே விட்டுப் பிடுங்கச் சொல்லி, விறகை அவர்களையே எடுத்துக்கொள்ள விட்டார்கள். ஊசுட்டேரியில் அப்படி யார் இருக்கிறார்கள்? புதுச்சேரிப் பக்கம் 2008இலும் தமிழ்நாட்டுப் பக்கம் 2014இலும் சரணாலயம் என்று அறிவித்தாயிற்று. ஞாயிற்றுக்கிழமை போனால் படகு உண்டு, பஜ்ஜி உண்டு. "அது என்ன பறவை" என்று ஒரு பிள்ளை கேட்டால் "கொக்கு" என்றுதான் பதில் வரும். எல்லாமே கொக்கு.

செம்மண்டலம் குமரன்:
அந்தக் கடைசி வரியில் உங்களோடு ஒத்துப்போகிறேன். அதற்குப் பரத்பூர் டூர் மருந்தா என்பதுதான் என் கேள்வி. அந்தக் காசில் இங்கே நாலு பள்ளிக்கு பைனாகுலர் வாங்கலாம்.

லாஸ்பேட்டை சீனு:
என் காசு தம்பி, அம்மாவோடு போன காசு. அறுபத்தெட்டு வயசில் முதல் தடவையாகக் குளிரில் வாயிலிருந்து புகை வருவதைப் பார்த்து, ரிக்‌ஷாவில் உட்கார்ந்து ஊதி ஊதிச் சிரித்தார்கள். அதற்கு பைனாகுலர் கணக்குப் போடாதீர்கள்.

செம்மண்டலம் குமரன்:
அம்மாவை இழுத்தால் நான் அவுட். வாபஸ்.

மஞ்சக்குப்பம் மலர்:
😀 கழுவெளிக்கு 2024இல் உலக அளவில் முக்கியமான ஈரநிலம் என்கிற ராம்சர் அங்கீகாரமும் வந்தாச்சு, பிச்சாவரத்துக்கு 2022லேயே வந்தது. பேருக்குக் குறைச்சல் இல்லை. ஆனாலும் என் கேள்விக்கு இன்னும் பதில் வரவில்லை. ஸ்பீக்கர் வைத்திருக்கிற கைடா, கையைக் குறுக்கே நீட்டுகிற கைடா என்று முன்கூட்டி எப்படித் தெரிந்துகொள்வது? நான் இப்போது போனிலேயே கேட்டுவிடுகிறேன்: "குரல் போடுவீங்களா?" "கண்டிப்பா போடுவோம் மேடம், நல்ல சான்ஸ் கிடைக்கும்" என்று உற்சாகமாகச் சொன்னால் அதோடு வைத்துவிடுவேன்.

பாகூர் முருகையன்:
இன்று காலை கரையில் போகும்போது உங்கள் ஞாபகம் வந்தது. ஒரு கூட்டம் இறங்கியிருக்கிறது, நாற்பது ஐம்பது இருக்கும். தலை செங்கல் நிறம், நெற்றியில் மஞ்சளாக நாமம் போட்ட மாதிரி. இது என்ன?

லாஸ்பேட்டை சீனு:
நாமக்கோழி அண்ணே. பரத்பூரில் நிறையக் காட்டினார்.

செம்மண்டலம் குமரன்:
அண்ணா, நாமக்கோழி உடம்பு முழுக்கக் கறுப்பு, அலகும் நெற்றியும் வெள்ளை. இவர் செங்கல் நிறம் என்கிறார். முருகையன் அண்ணே, சத்தம் எப்படி? குவாக் குவாக்கா?

பாகூர் முருகையன்:
இல்லை தம்பி. விசில் அடிக்குது. சின்னப் பசங்க தெருமுனையில் நின்னு கூப்பிடுற மாதிரி.

செம்மண்டலம் குமரன்:
நாமத்தலை வாத்து! ஆண் வாத்துதான் அப்படி விசில் அடிக்கும். ஞாயிறு காலை ஆறு மணிக்கு வரட்டுமா அண்ணே?

லாஸ்பேட்டை சீனு:
நானும். அம்மாவும் வருவாங்க.

பாகூர் முருகையன்:
வாங்க. வண்டியைக் கரைமேல் ஏற்றாதீர்கள், நெல் காயுது. எருமையை விரட்டாதீர்கள், அது எழுந்தால் எல்லாம் பறந்துவிடும். வெள்ளைச் சட்டை வேண்டாம்.

மஞ்சக்குப்பம் மலர்:
குமரன், உங்களுக்குக் கைடு கிடைச்சாச்சு.

செம்மண்டலம் குமரன்:
காசு கேட்கலையே அக்கா, கணக்கில் வராது.

பாகூர் முருகையன்:
யார் சொன்னது கேட்கலைன்னு? டீ உங்களது.