பொருள்: கிராஷ் என்பதற்குத் தமிழ்: இடறியதா, தள்ளிவிட்டார்களா?

ரோஸ் ஹில்லிலிருந்து

அனைவருக்கும் வணக்கம்.

இங்கே மொரீஷியஸில் எங்கள் கோயில் மாலை வகுப்பின் பலகையில் ஒட்ட ஒரு பக்கக் குறிப்பு எழுத உட்கார்ந்தேன். மலிவான டேப்லட்டில் கேம் கிராஷ் ஆனால் பெற்றோர் என்ன செய்யலாம் என்பது விஷயம். தலைப்பையே தாண்ட முடியவில்லை. டேப்லட்டும் கேமும் இருக்கட்டும், அவற்றோடு எனக்குச் சண்டை இல்லை. கிராஷ்தான் உறுத்துகிறது. வேற்றுமொழி என்பதற்காக இல்லை, அந்தச் சொல் பெற்றோருக்கு எதையுமே சொல்லவில்லை என்பதற்காக.

போன மாதம் மூன்று பிள்ளைகள் மூன்று டேப்லட்டுகளைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். மூன்று பேர் வாயிலும் ஒரே கிரியோல் வாக்கியம்: “லி ஃபெர்ம் தூசெல், மிஸ்.” தானாக மூடிக்கொள்கிறதாம். வாங்கிப் பார்த்தால் மூன்றும் வெவ்வேறு நோய்.

முதல் டேப்லட்டில் கேமைத் திறந்ததுமே திரை நடுவில் ஒரு சின்னப் பெட்டி வந்தது. ஆப் திரும்பத் திரும்ப நின்றுபோகிறது என்றது. அதாவது கேமின் நிரலிலேயே எங்கோ கோளாறு, அதில் கால் தடுக்கி விழுந்திருக்கிறது. இரண்டாவதில் பெட்டி எதுவும் இல்லை. பையன் பாதி ஆட்டத்தில் இருக்கிறான், சட்டென்று முகப்புத் திரை வந்துவிட்டது. ரேம், அதாவது ஓடும் ஆப்கள் தங்கும் நினைவகம், 2 ஜிபிதான், பின்னால் யூடியூபும் வாட்ஸ்அப்பும் திறந்து கிடக்கின்றன. பாவம், கேம் ஒரு தப்பும் செய்யவில்லை. இடம் போதவில்லை என்று ஆண்ட்ராய்டே அதைப் பிடித்து வெளியே தள்ளிவிட்டது. மூன்றாவது டேப்லட்டில் படம் அப்படியே நின்றது. தொட்டால் அசைவில்லை. சில வினாடி கழித்து, காத்திருக்கிறாயா மூடட்டுமா என்று கேட்டது. அந்தச் சிறுமியே ‘மூடு’ என்பதை அழுத்திவிட்டு, தானாக மூடிக்கொண்டது என்று என்னிடம் சொன்னாள்!

மூன்றுக்கும் மருந்து வேறு. முதலாவதற்குக் கேமைப் புதுப்பிக்க வேண்டும். இரண்டாவதற்கு எத்தனை முறை புதுப்பித்தாலும் பயன் இல்லை, ரேமில் இடம் ஒழித்துக் கொடுக்க வேண்டும். மூன்றாவதற்குப் பெரும்பாலும் டேப்லட்டை ஆறவிட்டாலே போதும். ஒரே சொல்லை மூன்றின் தலையிலும் கட்டினால், இரண்டாவது பையனின் அப்பா கேமை நாலு தடவை நீக்கி நாலு தடவை நிறுவிவிட்டு, டேட்டாவும் தீர்ந்து, எல்லாம் சீனா மால் என்று சலித்துக்கொள்வார். சலித்துக்கொண்டுதான் இருக்கிறார்.

அதனால் என் யோசனை இது. பிள்ளை முழங்காலில் சிராய்ப்போடு வந்தால் நாம் முதலில் கேட்பது என்ன? “நீயா விழுந்தியா, யாராவது தள்ளிவிட்டாங்களா?” இங்கேயும் அதே கேள்விதான். கேம் தானே தடுக்கி விழுந்தால் இடறல். ஆண்ட்ராய்டு வெளியேற்றினால் தள்ளிவிடல். அசையாமல் நின்றுபோனால் உறைதல்.

திட்டுகிறவர்கள் திட்டலாம். வெள்ளிக்கிழமைக்குள் அச்சுக்குக் கொடுக்க வேண்டும்.

மோக்காவிலிருந்து

அன்பு மகளுக்கு,

குறிப்பு நல்ல காரியம். சொல்லில்தான் எனக்குத் தயக்கம். ‘செயலிழப்பு’ என்று ஒரு சொல் ஏற்கெனவே இருக்கிறது, தமிழ்நாட்டில் பலரும் எழுதுகிறார்கள். ‘முறிவு’ என்பாரும் உண்டு. இருக்கிற வீட்டை விட்டுவிட்டுப் பக்கத்திலேயே குடிசை போடுவானேன்? நாம் ஒரு சின்னத் தீவு. கலைச்சொல்லில் தனிவழி போனால், நாளை நம் பிள்ளைகள் சென்னையிலிருந்து வரும் ஒரு கட்டுரையைப் படித்துப் புரிந்துகொள்ள மாட்டார்கள்.

நாம் மொழியை அலட்சியமாக வைத்திருக்கிறவர்களும் அல்ல. நம் பணத்தாளில் தமிழ் எழுத்தும் தமிழ் எண்ணும் இருக்கின்றன. 1998-இல் புதுத் தாள்களில் தமிழுக்கும் இந்திக்கும் இருந்த வரிசை மாறியபோது எழுந்த எதிர்ப்பில் அந்தத் தாள்களையே திரும்பப் பெற்றார்கள். வரிசைக்கே அவ்வளவு வாதாடிய ஊரில் சொல்லைக் கொஞ்சம் நிதானமாகத்தான் தேர்வு செய்ய வேண்டும். ‘தள்ளிவிடல்’ எனக்குத் தெருச்சண்டை மாதிரி கேட்கிறது. ‘வெளியேற்றம்’ என்றால் கௌரவமாக இல்லையா?

உறைதலுக்கு என் ஆதரவு முழுவதும். பனிக்கட்டியை நினைத்துச் சொன்ன மொழிபெயர்ப்பு என்று சிலர் ஆட்சேபிப்பார்கள். தேவையே இல்லை. நம் வீட்டில் பால் உறைகிறது, நெய் உறைகிறது. மேட்டுப்பகுதிக் கியூர்பிப்பில் ஜூலைக் குளிரில் தேங்காய் எண்ணெய் உறைகிறது. ஓடிக்கொண்டிருந்தது அப்படியே கெட்டிப்பட்டு நிற்பதற்கு அதைவிடப் பொருத்தமான சொல் ஏது?

போர்ட் லூயிஸிலிருந்து

ஐயாவுக்கும் அக்காவுக்கும் வணக்கம். நான் கடையில் போன், டேப்லட் பழுது பார்க்கிறவன். தமிழில் தப்பு இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஐயா, செயலிழப்பில் ஒரு சிக்கல். ‘செயலி’ என்று இப்போது ஆப்பைச் சொல்கிறோம். முன்பெல்லாம் அதே சொல்லைப் பிராசசருக்கும் வைத்திருந்தார்கள், இன்னும் சில புத்தகத்தில் அப்படித்தான் இருக்கிறது. ‘செயலி செயலிழந்தது’ என்று நான் ஒரு சீட்டில் எழுதிக் கொடுத்தால், வாடிக்கையாளர் சிப் போச்சு, புது டேப்லட் வாங்க வேண்டும் என்று நினைப்பார். எனக்கு வியாபாரம்தான், ஆனால் பாவம்.

அக்கா சொன்ன வித்தியாசம் கண்ணால் பார்க்கக்கூடியது. டேப்லட்டைக் கம்ப்யூட்டரில் செருகி, ஏடிபி என்ற கருவி வழியாக, உள்ளே நடப்பதை வரிவரியாகக் காட்டும் லாக்கேட் என்ற பதிவை ஓடவிட்டால் தெரியும். கேம் தானே விழுந்தால் அங்கே ‘ஃபேட்டல் எக்செப்ஷன்’ என்றோ, ‘சிக்னல் 11’ என்றோ எழுதியிருக்கும். தள்ளிவிட்டிருந்தால் எழுதுவது கேம் இல்லை, எல்எம்கேடி என்ற இன்னொருவர். நினைவகம் குறையும்போது யாரை வெளியே அனுப்பலாம் என்று பார்ப்பது அவர் வேலை. முன்பு அந்த வேலை ஆண்ட்ராய்டின் மையப் பகுதியான கெர்னலுக்குள்ளேயே நடந்தது, ஆண்ட்ராய்டு 9 முதல் வெளியே தனியாக ஓடுகிறது. ஒவ்வொரு ஆப்புக்கும் ஒரு மதிப்பெண் உண்டு. மதிப்பெண் கூடக் கூட முதலில் போகும். பின்னணியில் சும்மா கிடப்பவற்றுக்கு அதிகம், திரையில் ஓடுவதற்குப் பூஜ்யம்.

நான் முதலில் ‘களைதல்’ என்று சொல்லலாம் என்று நினைத்தேன். கரும்புத் தோட்டத்தில் களை எடுக்கிற மாதிரி. அப்புறம் நானே கைவிட்டேன். திரையில் ஓடும் கேம் களை இல்லையே, அதுதான் பயிர். களையெல்லாம் எடுத்த பிறகும் இடம் போதாமல் கடைசியில் பயிரையே பிடுங்குகிறான். 2 ஜிபி டேப்லட்டில் பெரிய கேம் போட்டால் நடப்பது இதுதான்.

வெளியேற்றம் வேண்டாம் ஐயா. ‘வெளியேறு’ என்பது லாக் அவுட்டுக்குப் போய்விட்டது. கணக்கிலிருந்து வெளியேறிவிட்டோம் என்று நினைத்து கடவுச்சொல்லைத் தேடுவார்கள்.

இன்னொரு விஷயம், கேட்டால் சிரிப்பீர்கள். கேமின் அடிப்பகுதி நிரல் விழுந்தால் ஆண்ட்ராய்டு ஒரு கோப்பு எழுதி வைக்கும். யார் விழுந்தது, எந்த சிக்னல், கடைசியாக எந்தெந்த வரியில் நின்றது எல்லாம் அதில் இருக்கும். அதன் பெயர் டூம்ஸ்டோன். கல்லறைக் கல். தமிழில் என்ன சொல்வது?

ரீயூனியன், சேன் அந்த்ரேயிலிருந்து

வணக்கம். பேச்சில் குறுக்கிடுகிறேன், மன்னிக்கவும். இங்கே பிள்ளைகள் பிரெஞ்சில் ‘சா அ ப்லான்தே’ என்கிறார்கள். ப்லான்தே என்றால் நடுவது. செடி நடுவது. கேம் நட்டுக்கொண்டது! முதலில் எனக்கும் வேடிக்கையாக இருந்தது. பிறகு பார்த்தால் நம் அம்மாக்களும் ‘நட்டுவச்ச மாதிரி நிக்கிறான்’ என்றுதான் திட்டுவார்கள். ஆனால் பிரெஞ்சுக்காரர்கள் விழுந்ததற்கும் உறைந்ததற்கும் அந்த ஒரே சொல்லைப் போட்டுக் குழப்பிக்கொள்கிறார்கள். நாமும் அப்படிச் செய்ய வேண்டாம்.

தம்பிக்கு: டூம்ஸ்டோனுக்கு நடுகல். விழுந்த வீரன் பெயரையும் அவன் செய்ததையும் பொறித்து நட்ட கல். இந்தக் கோப்பிலும் பெயரும், விழுந்த விதமும்தானே இருக்கின்றன? வேறு யோசிக்கவே வேண்டாம்.

மோக்காவிலிருந்து

நடுகல். அடடா! இந்த ஒரு சொல்லுக்காகவே இந்த விவாதம் நடக்கலாம். மற்றவற்றைப் பற்றி இன்னும் எனக்கு முழுச் சம்மதம் இல்லை. ‘இடறல்’ நல்ல தமிழ்தான், ஆனால் ஒரு கேள்வி. 2021 மார்ச் 22, 23-இல் உலகம் முழுவதும் ஆண்ட்ராய்டு ஆப்கள் வரிசையாக விழுந்தன, நினைவிருக்கும். காரணம் அந்த ஆப்கள் அல்ல, ஆப்களுக்குள் இணையப் பக்கத்தைக் காட்டும் வெப்வியூ என்ற பொதுப் பகுதிக்கு வந்த ஒரு புதுப்பிப்பு. அதைச் சரிசெய்த பதிப்பு வந்த பிறகு எல்லாம் எழுந்து ஓடின. அது இடறலா, தள்ளிவிடலா?

ரோஸ் ஹில்லிலிருந்து

ஐயா, அது இடறல்தான். வழியில் கல்லைப் போட்டது வேறொருவர், ஆனால் தடுக்கி விழுந்தது ஆப். ‘பிழை’ என்ற சொல்லிலிருந்து ‘இடறல்’ விலகி நிற்பதே இதற்காகத்தான். பிழை யாருடையது என்று அது தீர்ப்புச் சொல்வதில்லை. இப்படிப்பட்ட நேரத்தில் கேமை மட்டும் புதுப்பித்துப் பயன் இல்லை, வெப்வியூவையும் குரோமையும் புதுப்பிக்க வேண்டும் என்று குறிப்பில் ஒரு வரி சேர்க்கிறேன். நல்ல இடத்தில் பிடித்தீர்கள்.

முறிவு பற்றி. கிளை முறியும், எலும்பு முறியும், சம்பந்தம் முறியும். முறிந்தது உடனே எழுந்து ஓடாது. கேம் ஓடுகிறதே! தொட்டால் மறுபடி திறக்கிறது. இடறி விழுந்தவன்தான் மண்ணைத் தட்டிவிட்டு ஓடுவான். செயலிழப்புக்கும் இதே ஆட்சேபம்தான், கூடவே வேறொன்றும் உண்டு. நம் வீடுகளில் அந்தச் சொல் எங்கே காதில் விழுகிறது? சிறுநீரகச் செயலிழப்பு. சர்க்கரை நோய் இல்லாத குடும்பத்தைத் தேட வேண்டியிருக்கும் ஊரில், பாட்டியின் டயாலிசிசுக்கும் பேரனின் கார் ரேசுக்கும் ஒரே சொல்லா? எனக்கு மனசு வரவில்லை. சென்னைக் கட்டுரை புரிய வேண்டும் என்ற உங்கள் கவலை நியாயம். அதனால் குறிப்பின் அடியில் “பொதுவாகச் செயலிழப்பு என்றும் எழுதுவார்கள்” என்று போட்டுவிடுகிறேன். சரியா?

தள்ளிவிடலைக் கௌரவப்படுத்த முடியாது ஐயா. நடப்பதே கௌரவக் குறைச்சலான காரியம்.

குறிப்பில் போகும் பகுதி இது. தம்பி, தொழில்நுட்பத்தைச் சரிபார்த்துவிடு:

“‘நின்றுபோகிறது’ என்ற பெட்டி வந்தால் இடறல். முதலில் டேப்லட்டை ஒருமுறை அணைத்துப் போடுங்கள். பிறகு கேமைப் புதுப்பியுங்கள். அப்படியும் விழுந்தால் அமைப்புகளில் அந்த ஆப்புக்குப் போய் கேஷை (ஆப் தற்காலிகமாகச் சேர்த்து வைக்கும் கோப்புகளை) மட்டும் அழியுங்கள். பக்கத்திலேயே இருக்கும் ‘தரவை அழி’ என்பதைத் தொட்டுவிடாதீர்கள். கேம் எந்தக் கணக்கோடும் இணைக்கப்படாமல் இருந்தால், பிள்ளை மூன்று மாதம் உட்கார்ந்து சேர்த்த காசு, வண்டி, நிலை எல்லாம் போய்விடும், வீட்டில் அன்று சோறு இறங்காது.

ஒன்றும் சொல்லாமல் முகப்புத் திரைக்கு வந்தால் அநேகமாகத் தள்ளிவிடல். மற்ற ஆப்களை மூடிவிட்டு விளையாடச் சொல்லுங்கள். கேமின் உள்ளே படத்தரத்தைக் குறையுங்கள். லைட் பதிப்பு இருந்தால் அதைப் போடுங்கள். ரேமைப் பெருக்கித் தருகிறோம் என்று விளம்பரம் செய்யும் ஆப்களை நிறுவாதீர்கள், அவையும் அதே ரேமில்தான் குடியிருக்கின்றன.

படம் நின்று தொட்டால் அசையாவிட்டால் உறைதல். டேப்லட்டின் மேல் போட்ட கவரைக் கழற்றுங்கள். சார்ஜில் போட்டபடி விளையாட விடாதீர்கள். சூடு ஏறினால் சிப் தன் வேகத்தைத் தானே குறைத்துக்கொள்ளும். பிப்ரவரி வெயிலில் போர்ட் லூயிஸில் திணறும் அதே டேப்லட் கியூர்பிப்பில் ஒழுங்காக ஓடலாம்.”

கடைசி வரி என் சொந்த அனுபவம். தைப்பூசக் காவடி விடுமுறையில் அண்ணன் வீட்டில் பார்த்தது.

போர்ட் லூயிஸிலிருந்து

அக்கா, இரண்டு திருத்தம். பெட்டி வராத இடறலும் உண்டு. சில கேம்கள் நடுகல் மட்டும் நட்டுவிட்டுச் சத்தமில்லாமல் போய்விடும். அதைக் கண்டுபிடிக்க ஒரு வழி: எல்லாவற்றையும் மூடி, அணைத்துப் போட்டு, கேமை மட்டும் திறந்து பாருங்கள். ஒவ்வொரு தடவையும் அதே இடத்தில், அதே கதவைத் திறக்கும்போதோ அதே வண்டியைத் தொடும்போதோ விழுந்தால் அநேகமாக இடறல். ஒருநாள் 5 நிமிடம், ஒருநாள் அரை மணி நேரம் என்று இடம் மாறி மாறி விழுந்தால் அநேகமாகத் தள்ளிவிடல். கடையில் நான் முதலில் பார்ப்பதே இதுதான்.

இரண்டாவது, சேமிப்பு இடம். 16 ஜிபி டேப்லட்டில் போட்டோவும் வீடியோவும் நிரம்பி விளிம்பு தட்டி நிற்கும். கேம் தன் நிலையை எழுதி வைக்க இடமில்லாமல் விழும். அது இடறல். ஆனால் புதுப்பித்தால் தீராது, புதுப்பிப்பதற்கே இடம் இருக்காது. முதல் வரியாக ‘சேமிப்பில் இடம் இருக்கிறதா பாருங்கள்’ என்று போடுங்கள்.

ரோஸ் ஹில்லிலிருந்து

இரண்டும் சேர்ந்துவிட்டன. இடம் மாறி விழுவது பற்றிய உன் வரியை அப்படியே எடுத்துக்கொண்டேன் தம்பி, நான் எழுதியதைவிட அதுதான் தெளிவு.

நேற்று வகுப்பில் கரும்பலகையில் மூன்று சொல்லையும் எழுதி விளக்கினேன். அந்த இரண்டாவது பையன் டேப்லட்டைத் திரும்பக் கொண்டுவந்திருந்தான். விளையாடிக்கொண்டிருக்கும்போதே முகப்புத் திரை வந்துவிட்டது. பக்கத்துப் பெண் “இடறல்” என்றாள். அவன் இல்லையென்று தலையை ஆட்டினான்: “பா இடறல் சா, மிஸ். தள்ளிவிடல்.” பின்னால் யூடியூப் இன்னும் திறந்தேதான் கிடந்தது.

கேஷுக்கு இன்னும் தமிழ் வைக்கவில்லை. ஐயா ‘தேக்ககம்’ என்பார் என்று தெரியும். அதற்கு வேறு தலைப்பில் மடல் போடுங்கள், இதை அச்சுக்கு அனுப்புகிறேன்.