கேம் பாதியிலேயே வெளியே தள்ளுதா? சேலம், ஏற்காடு ஆளுங்க உங்க அனுபவத்தைச் சொல்லுங்க

சிவதாபுரம் பட்டறை:

எல்லாருக்கும் வணக்கமுங்க. எங்க அக்கா பையன் பாலிடெக்னிக் படிக்கிறான். லீவு விட்டா எங்க கொலுசுப் பட்டறைக்கு வந்துடுவான். வேலை ஓய்ஞ்ச நேரத்துல ஃபோன்ல பேட்டில் ராயல், அதாவது கடைசி வரைக்கும் சாகாம நிக்கிறவங்க ஜெயிக்கிற கேம் ஆடுவான். ஏப்ரல் பிறந்ததுல இருந்து கேம் தானா மூடிக்க ஆரம்பிச்சுது. அதுவும் எப்போ? கடைசி வட்டம் சுருங்கி, நாலஞ்சு பேர்தான் மிச்சம்ங்கிற நேரத்துல. திரை ஒரு நொடி கறுப்பாகும், அடுத்த நொடி ஹோம் ஸ்க்ரீன் வந்து நிக்கும். கூட ஆடுற பசங்க இவன் வேணும்னே ஓடிட்டான்னு திட்டுறாங்க. எனக்கு அந்த கேம் ஆடத் தெரியாது. ஆனா பையன் முகம் வாடுறதைப் பார்த்துட்டு சும்மா இருக்க முடியல.

பஸ் ஸ்டாண்ட் பக்கம் ஒரு கடையில காட்டினோம். கையில வாங்கிப் புரட்டிப் பார்த்துட்டு, "போர்டு போயிருக்கு, 4,500 ஆகும்"னு சொன்னாங்க. கழட்டிக்கூடப் பார்க்கல. பணம் கட்டுறதுக்கு முன்னாடி நாமளே கொஞ்சம் கவனிப்போம்னு ஃபோனைத் திருப்பி வாங்கிட்டு வந்துட்டேன்.

கவனிச்சதுல ஒண்ணு பிடிபட்டுச்சு. மதியம் பட்டறைக்குள்ள ஆடும்போதுதான் மூடுது. ராத்திரி வீட்டு மொட்டை மாடியில எவ்வளவு நேரம் ஆடினாலும் ஒண்ணும் ஆகறதில்ல. எங்க பட்டறை தகரக் கூரை. கொலுசு பத்தவைக்கிற நெருப்பும் அதுக்குள்ளதான். சித்திரை வெயில்ல வெளியிலயே 40 டிகிரியைத் தொடுற ஊரு இது, உள்ளே எப்படி இருக்கும்னு சொல்லவே வேண்டாம். ஒரு தடவை கேம் மூடின உடனே ஃபோனை வாங்கிப் பார்த்தேன். கேமராவுக்குக் கீழ கை வைக்க முடியல. தடிமனான ரப்பர் கவர் போட்டிருந்தான். சார்ஜர் வேற சொருகியே இருந்துச்சு. வெளிச்சம் முழுசா வச்சிருந்தான்.

கவரைக் கழட்டினேன். சார்ஜ் போடும்போது ஆடக்கூடாதுன்னு சொன்னேன். வெளிச்சத்தைப் பாதியாக்கி, கேம் செட்டிங்ஸ்ல கிராஃபிக்ஸை 'ஸ்மூத்'ல வச்சு, ஒரு நொடிக்கு எத்தனை படம் காட்டணும்ங்கிற ஃப்ரேம் ரேட்டை 60ல இருந்து 30க்கு இறக்கினான். அதுக்கப்புறம் ஆட்டம் முழுசா முடியுது. உச்சிப் பொழுதுல மட்டும் கொஞ்சம் திணறும், ஆனா வெளியே தள்றதில்ல. போர்டுக்கு ஒண்ணும் ஆகல.

இந்த மாதிரி உங்களுக்கும் நடந்திருந்தா சொல்லுங்க. பட்டறையில இன்னொரு பையன், சூடானா கொஞ்ச நேரம் ஃபிரிட்ஜ்ல வச்சு எடுன்னு சொல்றான். செய்யலாமா?

அஸ்தம்பட்டி சர்வீஸ் அக்கா:

அண்ணா, ஃபிரிட்ஜ்ல மட்டும் வைக்க விடாதீங்க. சில்லுனு ஆன ஃபோனை வெளிய எடுத்ததும் காத்துல இருக்கிற ஈரம் அது மேல முத்து முத்தாப் படியும். வெளியில தெரியறதைத் துடைச்சுடலாம், உள்ளே படிஞ்சது போர்டை அரிச்சுடும். ஃபேன் காத்துல கவர் இல்லாம வைங்க, போதும்.

நான் ஃபோன் சர்வீஸ் பண்றவ. நீங்க சொன்ன மாதிரி கேஸ் கோடையில நிறைய வரும். ஆப்பிள் அவங்க ஐஃபோனுக்கே 0ல இருந்து 35 டிகிரி வரைக்கும் உள்ள இடத்துலதான் பயன்படுத்தணும்னு சொல்லியிருக்காங்க. நம்ம ஊர் மே மாசம் அதைத் தாண்டிப் போயிடும். சூடு ஏறினா சிப் முதல்ல தன் வேகத்தைக் குறைச்சுக்கும், அப்போ கேம் விட்டு விட்டு ஓடும். இன்னும் ஏறினா சில ஃபோன்ல ஆப்பையே மூடிடும். அதுக்கும் மேல போனா ஃபோனே அணைஞ்சிடும். தன்னைக் காப்பாத்திக்க அது செய்யற வேலை அது. சார்ஜ் ஏறும்போது பேட்டரியும் சூடாகும், ஆடும்போது சிப்பும் சூடாகும், ரெண்டும் சேர்ந்தா எந்த ஃபோனும் தாங்காது.

ஆனா எல்லாமே சூடு இல்லைங்க. கடைக்கு வர்றவங்ககிட்ட நான் முதல்ல கேக்கறது ஒண்ணே ஒண்ணு: எப்படி நின்னுச்சு? கேம் மட்டும் மூடி ஹோம் ஸ்க்ரீன் வந்துச்சா, இல்ல அப்படியே உறைஞ்சு நின்னு "பதிலளிக்கவில்லை"ன்னு கேட்டுச்சா, இல்ல ஃபோனே அணைஞ்சு மறுபடி லோகோ வந்துச்சா? மூணும் வேற வேற நோய். கேம் மட்டும் மூடினா பெரும்பாலும் மெமரி, இல்லேன்னா கேமோட ஃபைல்ல கோளாறு. உறைஞ்சு நின்னா, தொட்டதுக்கு 5 நொடி வரைக்கும் ஆப் பதில் தரலேன்னு அர்த்தம். அதுக்கப்புறம்தான் ஆண்ட்ராய்டு அந்தப் பெட்டியைக் காட்டும். ஸ்டோரேஜ் நிரம்பி வழியுற ஃபோன்லயும், கேமை மெதுவான மெமரி கார்டுக்கு மாத்தி வச்ச ஃபோன்லயும் இதை நிறையப் பார்க்கிறேன். ஃபோனே அணைஞ்சா பேட்டரியைத்தான் முதல்ல சந்தேகப்படுவேன்.

அடுத்து, வேற ஒரு பெரிய கேமை அதே ஃபோன்ல ஓட்டிப் பார்ப்பேன். ஒரு கேம் மட்டும் விழுந்தா கோளாறு அந்த கேம்ல. பெரிய கேம் எல்லாமே விழுந்தா ஃபோன்ல. இது தெரியாம உடனே ரீசெட் அடிக்கிறது, போர்டு மாத்துறது எல்லாம் இருட்டுல கல் எறியற கதைதான்.

மெமரி எப்படின்னு கேட்டீங்கன்னா, ஓடிட்டிருக்கிற ஆப் எல்லாம் பயன்படுத்துற தற்காலிக மெமரியான ரேம் தீரும்போது எந்த ஆப்பை மூடலாம்னு முடிவு பண்ண ஆண்ட்ராய்டுக்குள்ளேயே ஒரு ஏற்பாடு இருக்கு. பின்னாடி சும்மா கிடக்கிற ஆப்பை முதல்ல மூடும். அதுவும் பத்தலேன்னா கண்ணு முன்னாடி ஓடற கேமையே மூடிடும். 3 ஜிபி, 4 ஜிபி ரேம் ஃபோன்ல இது அடிக்கடி நடக்கும். ஆடுறதுக்கு முன்னாடி ஃபோனை ஒரு தடவை ரீஸ்டார்ட் பண்ணிட்டு, வேற எதையும் திறக்காம நேரா கேமைத் திறந்தாலே பாதி கேஸ் தீர்ந்துடும். 'பூஸ்டர்', 'க்ளீனர்'னு இருக்கிற ஆப்பை எல்லாம் எடுத்துடுங்க. அது மத்த ஆப்பை மூடும், மூடினது திரும்ப எழுந்துக்கும். அது ஓடவே ரேம் வேணும்.

இதை எல்லாத்தையும் விட முக்கியமா ஒண்ணு சொல்லணும். 'க்ளியர் கேஷ்' வேற, 'க்ளியர் டேட்டா' வேற. கேஷ்ங்கிறது ஆப் வேகமா ஓட எடுத்து வச்சிருக்கிற தற்காலிக ஃபைல், அதை அழிச்சா ஒண்ணும் போகாது, தாராளமா அழிங்க. டேட்டா அழிச்சா கேம் புதுசா வச்ச மாதிரி ஆயிடும். கூகுள் கணக்கோட இணைக்காம 'கெஸ்ட்'னு ஆடிட்டிருந்தா, அதோட எல்லாம் போச்சு. ஒரு சின்னப் பொண்ணு, ஏழாவதோ எட்டாவதோ படிக்கும், அப்பாவோட வந்துச்சு. யாரோ சொன்னாங்கன்னு டேட்டாவை அழிச்சிருக்காங்க. பண்ணை கேம் ஒண்ணுல அது ஒவ்வொரு மரமா வச்சு வளர்த்த தோட்டம் மொத்தமும் போயிடுச்சு. என்னால ஒண்ணுமே செய்ய முடியல. அது அழுதுட்டே படி இறங்கிப் போச்சு. அதனாலதான் சொல்றேன், எதைத் தொடுறதுக்கு முன்னாடியும் கேம் செட்டிங்ஸுக்குள்ள போய்க் கணக்கு இணைஞ்சிருக்கான்னு பாருங்க. சரி பண்ற வேலை அப்புறம்.

நாகலூர்:

எங்க மேல உங்க வெயில் பிரச்சினையே இல்லைங்க. ஏற்காடு 1,500 மீட்டர் உயரம், மே மாசத்துலயும் ராத்திரி போர்வை தேடுவோம். ஆனாலும் ஃபோன் சூடாகுது, கேமும் நிக்குது. காரணம் சிக்னல். எங்க காபித் தோட்டப் பக்கம் சில இடத்துல ஒரே ஒரு கோடுதான் வரும். டவர் எட்டாம இருந்தா ஃபோன் தன் சக்தியைக் கூட்டி டவரைப் பிடிக்கப் பார்க்கும், அதுலயே பேட்டரி கரையும், சூடும் ஏறும்.

ஆனா ஒண்ணு, சிக்னல் போய் ஆட்டம் அறுபடறதும் கேம் மூடிக்கறதும் வேற வேற. சிக்னல்னா 'ரீகனெக்ட்'னு சுத்திட்டு இருக்கும், கேம் திறந்தேதான் இருக்கும். இதைப் பிரிச்சுப் பார்க்காம என் தம்பி கேமை அழிச்சு அழிச்சு மறுபடி இறக்கிட்டிருந்தான். இங்க இருக்கிற வேகத்துக்குப் பல ஜிபி இறங்கறதுக்குள்ள விடிஞ்சுடும். பாதி இறங்கின அப்டேட்தான் எங்களுக்குப் பெரிய எதிரி. பாதியில அறுந்த ஃபைலோட திறந்தா லோடிங் கோடு ஒரே இடத்துல வந்து நின்னு, கேம் மூடிக்கும். எத்தனை தடவை திறந்தாலும் அதே இடம். நிறைய கேம்ல உள்நுழையற பக்கத்திலேயே 'ரிப்பேர்'னு ஒரு பட்டன் இருக்கும். அதை அமுக்கினா கெட்டுப்போன ஃபைலை மட்டும் மறுபடி இறக்கும், முழுசா அழிக்க வேண்டாம். கோடை விழா சமயத்துல மலை முழுக்கக் கூட்டம், டவருக்கு மூச்சு முட்டும். அப்போ அப்டேட் பக்கமே போக மாட்டோம். கீழ சேலத்துக்கு இறங்கற அன்னிக்கு, சொந்தக்காரங்க வீட்டு வைஃபைல போட்டுட்டு வந்துடுவோம்.

இன்னொண்ணும் எங்க பசங்ககிட்ட நடக்குது. நெட் இல்லைன்னு ஒருத்தன் ஃபோன்ல இருந்து இன்னொருத்தனுக்கு கேமை அனுப்பிக்குவாங்க. இப்போ பிளே ஸ்டோர் கேம் நிறைய ஒரே ஃபைலா வர்றதில்ல, அந்தந்த ஃபோனுக்கு ஏத்த மாதிரி பல துண்டா வருது. முதல் துண்டு மட்டும் போனா ஐகான் வரும், தொட்டதும் மூடிக்கும். பிளே ஸ்டோருக்குள்ளேயே பக்கத்துல இருக்கிறவங்களுக்கு ஆப் அனுப்பற வசதி இருக்கு, அதுல அனுப்பினா சரியாப் போகுது.

குகை, ரெண்டு பசங்களோட அம்மா:

2021 மார்ச் மாசம் 22, 23 தேதி வாக்குல ஞாபகம் இருக்கா? ஆண்ட்ராய்டு ஃபோன்ல கேம் மட்டும் இல்ல, மெயில், பேங்க் ஆப்னு எதைத் தொட்டாலும் மூடிக்கிச்சு. ஆப்புக்குள்ளேயே வெப் பக்கத்தைக் காட்டுற 'ஆண்ட்ராய்டு சிஸ்டம் வெப்வியூ'ங்கிற ஒண்ணோட அப்டேட்ல வந்த கோளாறு அது. பிளே ஸ்டோர்ல அதையும் குரோமையும் அப்டேட் பண்ணினதும் சரியாச்சு. அதுல இருந்து எல்லா ஆப்பும் ஒரே நாள்ல விழுந்தா நான் ஃபோனைத் திட்டறதில்ல. அந்த ரெண்டையும் அப்டேட் பண்ணிட்டுப் பார்ப்பேன்.

கன்னங்குறிச்சி:

அக்கா சொன்னதோட ஒண்ணு சேர்க்கிறேன். பழைய கேம் சிலது புது ஃபோன்ல திறக்கவே திறக்காது. அதுக்கு நம்ம பக்கம் மருந்து கிடையாது. ஐஃபோன்ல 2017ல வந்த ஐஓஎஸ் 11ல இருந்தே 32 பிட்ங்கிற பழைய வகை சிப்புக்காக எழுதின ஆப் ஓடாது. கூகுளும் 2019 ஆகஸ்ட்ல இருந்து புது வகையான 64 பிட்ல ஆப் வேணும்னு கட்டாயமாக்கிட்டாங்க. கேம் செஞ்சவங்க புதுப்பிக்காம விட்டா அவ்வளவுதான். எனக்கு ரொம்பப் பிடிச்ச ஒரு ரேஸ் கேம் அப்படிப் போச்சு, இன்னும் மனசு ஆறல.

அப்புறம் பப்ஜி கேம் 2020 செப்டம்பர்ல இந்தியாவுல தடை ஆனப்போ, எங்க ஹாஸ்டல்ல ஆளாளுக்கு எங்கெங்க இருந்தோ, பிளே ஸ்டோர் இல்லாமலே ஆப்பைப் போடுற ஏபிகே ஃபைல் இறக்கினாங்க. கேமை மாத்தி 'மாட்'னு விடுறதும் அதே வகைதான். யாரோ பிரிச்சுத் தைச்ச சட்டை அது, எங்க கிழியும்னு யாருக்கும் தெரியாது. விழுந்தாகூடப் பரவாயில்ல, உள்ளே என்ன வச்சு அனுப்பியிருக்காங்கங்கிறதுதான் பயம்.

செட்டிங்ஸ்ல மறைஞ்சிருக்கிற டெவலப்பர் ஆப்ஷன்ஸைத் திறந்து வச்சிருக்கிறவங்க அதையும் ஒரு தடவை பாருங்க. யூடியூப் பார்த்துட்டு, படத்தோட ஓரத்தை மழமழன்னு காட்டுற '4எக்ஸ் எம்எஸ்ஏஏ'வை ஆன் பண்ணியிருப்பீங்க, இல்லேன்னா 'டோன்ட் கீப் ஆக்டிவிட்டீஸ்'ஸைத் தட்டியிருப்பீங்க. முதலாவது சிப் மேல பாரம் ஏத்தும், ரெண்டாவது ஒரு ஃபோன் கால் வந்து திரும்பினாலே ஆப்பை முதல்ல இருந்து தொடங்க வைக்கும்.

கேம் மூடினதும் 'ரிப்போர்ட் அனுப்பவா'ன்னு கேட்டா தயவுசெய்து அனுப்புங்க. ஒரு குறிப்பிட்ட ஃபோன் மாடல்ல தினம் ஆடுறவங்கள்ல 8 சதவீதத்துக்கு மேல உள்ளவங்களுக்கு ஆப் கிராஷ் ஆனா, அதாவது தானா மூடிக்கிட்டா, அந்த மாடல் வச்சிருக்கிறவங்களுக்கு பிளே ஸ்டோர் அந்த ஆப்பைக் காட்டுறதைக் குறைக்கலாம், எச்சரிக்கையும் போடலாம். அதுக்கு பயந்தாவது சரி பண்ணுவாங்க.

சிவதாபுரம் பட்டறை:

எல்லாருக்கும் ரொம்ப நன்றிங்க. பையன்கிட்ட படிச்சுக் காட்டினேன், முதல் வேலையா கணக்கை இணைச்சுட்டான். அக்கா, 'ரேம் எக்ஸ்டென்ஷன்'னு ஒண்ணு இருக்கே, 4 ஜிபி கூட்டிக்கலாம்னு போட்டிருக்கு. ஆன் பண்ணலாமுங்களா?

அஸ்தம்பட்டி சர்வீஸ் அக்கா:

அது நிஜ ரேம் இல்லண்ணா. ஸ்டோரேஜ்ல கொஞ்சம் இடத்தை ரேம் மாதிரி பயன்படுத்திக்கிறது. ஸ்டோரேஜ் வேகம் ரேமுக்குக் கிட்டகூட வராது. பின்னாடி கிடக்கிற ஆப்பை அங்க தள்ளி வைக்க உதவும், கேம் அதனால வேகமாகாது. ஸ்டோரேஜ் தாராளமா இருந்தா ஆன்லயே விடுங்க. இடம் நெருக்கடின்னா ஆஃப் பண்ணிட்டு, அந்த இடத்தைக் காலியா விடுறதுதான் நல்லது.

அம்மாபேட்டை தறிக்காரர்:

தாயி, நான் கேரம், லூடோதான் ஆடுறது. சின்ன கேம். ஆனா 40 சதவீதம் சார்ஜ் காட்டும்போதே ஃபோன் பொட்டுனு அணைஞ்சிடுது. சார்ஜ்ல போட்டா உடனே எழுந்துக்குது. வாங்கி நாலு வருஷம் இருக்கும். இப்போ பின்மூடி ஒரு ஓரத்துல லேசாத் தூக்கின மாதிரி இருக்கு. கவர் போட்டா அமுங்கிடுது. ஆடலாமா?

அஸ்தம்பட்டி சர்வீஸ் அக்கா:

ஐயா, ஆடாதீங்க. சார்ஜும் போடாதீங்க. பேட்டரி உப்பியிருக்கு. பழைய பேட்டரியால தேவையான நேரத்துல கரண்டைத் தர முடியாது, அதனாலதான் 40லயே அணையுது. ஆப்பிள்கூட 2017ல பழைய பேட்டரி உள்ள ஐஃபோன் இப்படி அணையாம இருக்க வேகத்தைக் குறைச்சு, அப்புறம் 2018ல குறைஞ்ச விலைக்குப் பேட்டரி மாத்திக் கொடுத்தாங்க. அணையறது மட்டும்னா அவசரம் இல்ல. மூடி தூக்கினதுதான் ஆபத்து. கவரைப் போட்டு அமுக்காதீங்க, ஊசியால எதுவும் குத்திப் பார்க்காதீங்க, தலைமாட்டுல வச்சுத் தூங்காதீங்க. ஸ்விட்ச் ஆஃப் பண்ணி, துணி, பாவு நூல் எதுவும் இல்லாத தரையில வைங்க. இன்னிக்கே பக்கத்துல தெரிஞ்ச கடையில கொடுத்து பேட்டரி மாத்துங்க. கழட்டின பேட்டரியைக் குப்பையில போட வேண்டாம்னு அவங்ககிட்டயே கொடுத்துடுங்க. மாத்தினதும் லூடோ தாராளமா ஓடும்.