ட்வைலைட் ஃபாரஸ்ட்: வைரம் போட்டும் திறக்காத வாசல் முதல் ஹைட்ரா வரை

மைன்கிராஃப்ட்ல ஒரு புதுக் காட்டு உலகத்தைச் சேர்க்கிற ட்வைலைட் ஃபாரஸ்ட் மாட் (கேமோட சேர்த்துப் போடுற கூடுதல் தொகுப்பு) போட்டவங்கள்ல பல பேர் காட்டைப் பார்க்கிறதுக்கு முன்னாடியே வாசல்ல நின்னுடுறாங்க. “வைரம் தண்ணியில கிடக்குது, ஒண்ணுமே நடக்கல”ங்கிற புலம்பல் ஓயுறதே இல்ல. அந்தக் காட்டுக்குப் போற வாசலை நாமளே கட்டணும்: குழியில தண்ணி ஊத்தி வைரம் போட்டா திறக்கும். குழி 2×2, ஆழம் ஒரே பிளாக், அடியில கெட்டித் தரை. சுத்தி இருக்குற 12 பிளாக்கும் புல்லோ மண்ணோதான், கல்லும் பலகையும் ஆகாது. அந்த 12 மேலயும் பூ, இல்லன்னா மரக்கன்று. இதெல்லாம் சரியா இருந்தும் திறக்கலன்னா தண்ணியைப் பாருங்க. ஒரே பக்கெட் ஊத்தியிருந்தா ஒரு பிளாக்தான் ஊற்று, மிச்ச மூணும் ஓடுற தண்ணி. எதிரெதிர் மூலையில ஒவ்வொரு பக்கெட் ஊத்துங்க, நாலும் நிரம்பிடும். அப்புறம் ‘க்யூ’ அழுத்தி ஒரு வைரம். கன்ட்ரோலோட சேர்த்து அழுத்தினா கையில இருக்குற மொத்த அடுக்கும் விழுந்துடும், பார்த்து.

மின்னல் இறங்கும். அது நிஜமாவே சேதம் பண்ணுற மாதிரி கான்ஃபிக்ல வெச்சிருக்குற சர்வர்னா நாலடி தள்ளி நில்லுங்க. வீட்டுக்குள்ளயோ கிராமத்து ஆளுங்க பக்கத்துலயோ வாசல் கட்ட வேணாம்.

---

மேல எழுதின அண்ணன் சொன்னதோட இன்னும் ஒண்ணு: பையில இன்னொரு வைரமும் ரெண்டு பக்கெட் தண்ணியும் எடுத்துட்டுப் போங்க. அந்தப் பக்கத்து வாசல் உடைஞ்சாலோ, திரும்பி வர்ற வழி தெரியாமப் போனாலோ, காட்டுக்குள்ளயே இதே மாதிரி ஒண்ணு கட்டி வெளிய வந்துடலாம்.

காட்டுல முக்கியமான இடங்களைக் காட்டுற மேஜிக் மேப் இல்லாம அலையாதீங்க. அண்டங்காக்கை இறகு, டார்ச்பெரி, க்ளோஸ்டோன் தூள் மூணையும் சேர்த்தா மேப்புக்கு வேண்டிய ‘ஃபோகஸ்’ வரும். அதை நடுவுல வெச்சு சுத்தி 8 பேப்பர் வெச்சா மேப் ரெடி. முக்கியமான இடங்கள் 16×16 சங்க் கட்டத்துக்கு ஒண்ணுன்னு அமைஞ்சிருக்கும் (ஒரு சங்க்னா 16 பிளாக் அகலம்). அதனால ஏறக்குறைய 256 பிளாக்குக்கு ஒரு இடம் மேப்ல படமாத் தெரியும்.

---

காடு கண்டபடி சுற்ற விடாது. முதலில் நாகா என்ற பாம்பு, பிறகு லிச் என்ற மந்திரவாதி எலும்புக்கூடு, இந்த இரண்டு பெரிய எதிரிகளையும் கொல்ல வேண்டும். அதன் பின்புதான் சதுப்பு நிலம், இருட்டுக் காடு, பனிக்காடு மூன்றும் திறக்கும். அந்த மூன்று பக்கத்தையும் முடித்தால் மலைப்பகுதி. வரிசையை மீறினால் சதுப்பில் பசி பிடுங்கும், இருட்டுக் காட்டில் கண் தெரியாது, பனிக்காட்டில் கால் நகராது, மலையில் அமில மழை உயிரைக் குறைக்கும். “மாட்ல பக் (கோளாறு)” என்று எழுதுபவர்களில் பலர் இதைத்தான் சொல்கிறார்கள்.

நாகா பாய்ந்து வரும்போது ஓடாதீர்கள். புதிய பதிப்புகளில் கேடயத்தால் தடுத்தால் அது தலை சுற்றி நிற்கும், அடிக்க அதுவே நேரம். லிச் முதல் கட்டத்தில் கேடயங்களோடு வரும், வாள் இறங்காது. அது எறிவதைக் கவனியுங்கள்: எண்டர் பேர்ல் போல இருப்பதை வாளால் அடித்து அதன்மேலேயே திருப்ப வேண்டும், அப்போதுதான் கேடயம் ஒவ்வொன்றாக உடையும். மேக்மா கிரீம் போல வருவது வெடிகுண்டு, அதை அடித்தால் உங்கள் முகத்திலேயே வெடிக்கும், விலகிவிடுங்கள். கூடவே நிற்கும் நிழல் உருவங்களோடு மல்லுக்கட்டுவது வீண். கேடயம் தீர்ந்ததும் ஜாம்பிகளை அழைக்கும், கடைசியில் தங்க வாளோடு கிட்ட வரும். முதல் கட்டம் தாண்டினால் மற்றது எளிது.

---

சதுப்புல இருக்குற லேபிரிந்த்ங்கிற சுற்றுவழி மாளிகையோட சுவத்தை வைரப் பிக்காக்ஸால குடைஞ்சு போகலாம்னு நினைக்காதீங்க. அந்தச் சுவரோட கல்லான மேஸ்ஸ்டோன் ஒவ்வொண்ணும் வழக்கத்தை விட பல மடங்கு தேய்மானம் கொடுக்கும். உள்ளயே ஒளிச்சு வெச்சிருக்குற மேஸ்பிரேக்கர்ங்கிற பிக்காக்ஸ் கிடைச்சா மட்டும் தைரியமா உடைங்க.

கீழ்த்தளத்துல இருக்குற பெரிய எதிரி மினோஷ்ரூமைக் கொன்னா மீஃப் ஸ்ட்ரோகனாஃப்னு ஒரு கிண்ணம் சாப்பாடு கிடைக்கும். ஞாபகார்த்தமாப் பெட்டியில வைக்காதீங்க, சாப்பிடுங்க. சாப்பிட்டாத்தான் நெருப்புச் சதுப்பு உங்களை உள்ள விடும், இல்லன்னா உடம்பு பத்தி எரியும்.

அங்க இருக்குறது ஹைட்ரா, பல தலை இருக்குற பெரிய எதிரி. உடம்புல எவ்வளவு அம்பு விட்டாலும் கீறல்தான் விழும். தலை நெருப்புக் கக்க வாயைத் திறக்கிற நொடியில வாய்க்குள்ள அடிக்கணும். ஒரு தலை விழுந்தா சும்மா விடாது, புதுசா முளைக்கும், அதனால இடைவெளி விடாதீங்க. நெருப்புத் தடுப்பு மருந்து இல்லாமப் போறது வேஸ்ட்.

---

சர்வர் நடத்துறவங்களுக்கு: முன்னேற்றம் ஆளாளுக்குத் தனி. நாகாவை நாலு பேர் கொன்னப்ப ஆஃப்லைன்ல இருந்த அஞ்சாவது ஆளுக்கு லிச் கோபுரம் பூட்டியே இருக்கும். இந்தக் கட்டுப்பாடே வேணாம்னா கேம்ரூல்ல (ஆட்ட விதி அமைப்பு) ‘டிஎஃப் என்ஃபோர்ஸ்டு ப்ரோக்ரஷன்’ஐ ஃபால்ஸ் ஆக்கலாம். ஆனா அப்புறம் புதுசா வர்றவன் நேரா ஹைட்ரா வாயில போய் நிப்பான். செத்தாலும் பொருளைக் காப்பாத்துற சார்ம் ஆஃப் கீப்பிங் ஒண்ணாவது கையில கொடுத்து அனுப்புங்க. முதல் நிலை கவசத்தையும் கையில பிடிச்சிருக்குறதையும் காப்பாத்தும், மூணாம் நிலை மொத்தப் பையையும் காப்பாத்தும்.