கிளைடருக்குச் ‘சறுக்கூர்தி’: ஒரு பரிந்துரை

அன்புடையீர், வணக்கம்.

எஞ்சின் இல்லாமல் பறக்கும் வானூர்தியான கிளைடருக்கு ‘மிதவை வானூர்தி’ என்ற சொல் புழக்கத்தில் இருந்தாலும், அதை ஏற்க எனக்கு மனம் ஒப்பவில்லை. மிதப்பது பலூன். கிளைடரோ காற்றைவிடக் கனமானது. இறக்கையைத் தழுவிக் காற்று ஓடிக்கொண்டிருக்கும் வரையில்தான் அதை மேலே தூக்கும் ஏற்றவிசை உண்டு.

கிளைடர் பறத்தலின் முன்னோடியான ஓட்டோ லிலியந்தால் 1891 முதல் ஜெர்மனியில் செய்துபார்த்தவற்றை நினைத்தால் இது விளங்கும். 1894இல் பெர்லினை அடுத்த லிக்டர்ஃபெல்டேயில், ஏறத்தாழ 15 மீட்டர் உயரத்துக்கு ஒரு செயற்கைக் குன்றையே அவர் எழுப்பினார். வில்லோ மரக் கழிகளில் பருத்தித் துணி போர்த்திய இறக்கைகளுக்கு நடுவே கைகளை ஊன்றித் தொங்கியபடி, எதிர்க்காற்றை நோக்கிச் சரிவில் ஓடித் தாவுவார். கால்களை இப்புறமும் அப்புறமும் வீசி, உடலின் எடையை இடம் மாற்றியே சமநிலை காப்பார். ரைனோவ் குன்றுகளில் 250 மீட்டர் வரைகூடப் பறந்திருக்கிறார். எஞ்சின் இல்லாத அந்தப் பறத்தலை நடத்தியது புவியீர்ப்பே. உயரத்தைச் செலவிட்டு வேகத்தைப் பெறும் இச்செயலுக்குச் ‘சறுக்கு’ என்னும் வினையே பொருந்துகிறது. ஆகவே ‘சறுக்கூர்தி’ என்பது என் பரிந்துரை.

‘ஆனைக்கும் அடி சறுக்கும்’ என்பதில் சறுக்கல் தவறுதலாகிறதே என்று சிலர் தயங்கலாம். பனிச்சறுக்கும் சிறுவர் பூங்காவின் சறுக்குமரமும் அந்தத் தயக்கத்தைப் போக்கும். வெப்பக் காற்றில் மேலேறும் கிளைடரைச் சறுக்குவதாகச் சொல்லலாமா என்ற கேள்விதான் வலுவானது. அப்போதும் சுற்றியுள்ள காற்றைப் பொறுத்து அது இறங்கிக்கொண்டேதான் இருக்கிறது. அந்தக் காற்று அதைவிட விரைவாக மேலெழுவதால், தரையைப் பொறுத்து உயர்கிறது.

இதையொட்டி, பறக்கும்போது இறக்கையின் ஏற்றவிசை திடீரெனக் குறைவதைக் குறிக்கும் ‘ஸ்டால்’ (stall) என்பதற்கும் ஒரு சொல் வேண்டும். ‘நின்றுபோதல்’ என்றால் எஞ்சின் நின்றதாகப் படிப்பவர் எண்ணிவிடுவார். 1896 ஆகஸ்ட் 9 அன்று எஞ்சினே இல்லாத லிலியந்தாலின் ஊர்திக்கு நேர்ந்தது இதுதான்: முன்புறம் மேல்நோக்கி எழுந்து, வேகம் குன்றி, அவரோடு தரையில் விழுந்தது, மறுநாள் அவர் இறந்தார். இறக்கை காற்றைச் சந்திக்கும் கோணம் ஓர் எல்லையைத் தாண்டினால், மேற்பரப்பை ஒட்டி ஓடும் காற்று பிரிந்து, ஏற்றவிசை சட்டெனக் குறைகிறது. முழுதும் அற்றுப்போவதில்லை என்பதால் ‘ஏற்றமிழப்பு’ மிகையான சொல். ‘ஏற்றக்குலைவு’ என வைத்துக்கொள்ளலாம்.