கதையில் வரும் சிவப்பு நட்சத்திரத்தின் காந்தப்புலம்: திசைகாட்டி வேலை செய்யுமா? உதவி தேவை

பாய்மரம்:
வணக்கம், யாழ்ப்பாணத்திலிருந்து எழுதுகிறேன். ஒரு கற்பனைப் பிரபஞ்சத்தை வைத்து நீண்ட கதை எழுதிக்கொண்டிருக்கிறேன், ஓர் இடத்தில் கணக்கு முட்டி நிற்கிறது. நடுவில் செங்கனல் என்ற சிறிய சிவப்பு நட்சத்திரம், அதைச் சுற்றி மூன்று கோள்கள், கோள்களுக்கிடையே பாய்மரக் கப்பல்கள். மாலுமிகள் நட்சத்திரத்தின் காந்தப்புலத்தைத் திசைகாட்டி முள்ளில் பார்த்துத்தான் வழி பிடிப்பார்கள். வல்வெட்டித்துறையில் கட்டிய அன்னபூரணி 1938இல் அமெரிக்காவின் குளொஸ்டர் வரை போன கதையைக் கேட்டு வளர்ந்தவன் நான். மந்திரம் இருக்கிற உலகம்தான், ஆனாலும் வழி பிடிப்பதை மந்திரத்திடம் விட எனக்கு மனமில்லை.

சிக்கல் இதுதான். நட்சத்திரத்தின் ஆரம் 1,40,000 கி.மீ., மேற்பரப்பில் புலம் 1000 கௌஸ் (காந்தப்புலத்தை அளக்கும் அலகு). நடுக்கோள் 70 இலட்சம் கி.மீ. தூரத்தில், அதாவது 50 ஆரம். காந்தப்புலம் தூரத்தின் கனத்துக்கு (மும்மடிக்கு) ஏற்பக் குறையும் என்று ஏ.எல். பௌதிகத்தில் படித்ததை வைத்துப் போட்டால் அங்கே 0.008 கௌஸ்தான் வருகிறது. யாழ்ப்பாணத்தில் பூமியின் புலமே கிட்டத்தட்ட 0.4 கௌஸ். மேற்பரப்புப் புலத்தை 50,000 ஆக்கிவிடலாமா?

பௌதிக சேர்:
தம்பி, 1000ஐ மாற்ற வேண்டாம், அது நல்ல எண். சூரியனின் சராசரிப் புலம் 1 கௌஸ் அளவுதான், ஆனால் சூரியப் புள்ளிகளுக்குள் 3000 வரை போகும். அங்கே காந்தப்புலம் இருப்பதை வானியலாளர் ஹேல் 1908இல் கண்டுபிடித்தார். சிறிய சிவப்பு நட்சத்திரங்களில் சில ஆயிரம் கௌஸ் அளந்திருக்கிறார்கள். 34,000 கௌஸ் உள்ள ஒரு நட்சத்திரத்தையும் வானியலாளர் பாப்கொக் 1960இல் அறிவித்தார், ஆனால் அது வெப்பமான வேறு வகை. சிவப்பு நட்சத்திரத்தில் புலத்தை உண்டாக்குவது உள்ளே கொதித்துப் புரளும் மின்னேற்ற வாயு, அந்தப் புரட்டலில் உள்ள சக்தியைத் தாண்டிப் புலம் பெரிதாக வளராது. ஆகவே 50,000 பொருந்தாது.

நீர் போட்ட கணக்கு வெறுவெளியில் கிடக்கும் சட்டக் காந்தத்துக்குச் சரி. நட்சத்திரத்திலிருந்து எந்நேரமும் காற்று வீசுகிறது, அது புலக்கோடுகளை இழுத்துக்கொண்டு வெளியே போகும். இழுபட்ட பிறகு புலம் தூரத்தின் வர்க்கத்துக்கு ஏற்பத்தான் குறையும். 5 ஆரம் வரை உமது முறைப்படியே போனால் 8 கௌஸ். அங்கிருந்து 50 ஆரத்துக்குப் பத்து மடங்கு தூரம், ஆகவே நூறில் ஒன்று, 0.08 கௌஸ். யாழ்ப்பாணத்துப் புலத்தில் ஐந்தில் ஒரு பங்கு. நல்ல முள் திரும்பும், கொஞ்சம் மெதுவாக.

பாய்மரம்:
மிக்க நன்றி சேர்! அப்படியென்றால் முள் நேராக நட்சத்திரத்தைக் காட்டும், சரிதானே?

கரவெட்டி அக்கா:
இல்லைத் தம்பி, இங்கேதான் உங்கள் கதைக்கு உண்மையான பொக்கிஷம் இருக்கிறது. நட்சத்திரம் சுழல்வதால் இழுபட்ட கோடுகள் சுருளாக வளையும். பௌதிகவியலாளர் பார்க்கர் 1958இல் சூரியனுக்கு இதைச் சொன்னார். பூமிக்கு அருகில், சூரியன் இருக்கும் திசையிலிருந்து கோட்டின் சாய்வு ஏறக்குறைய 45 பாகை, வியாழனுக்குப் போனால் கிட்டத்தட்டப் பக்கவாட்டாகவே இருக்கும். அதாவது முள்ளுக்கும் நட்சத்திரம் தெரியும் திசைக்கும் இடையிலுள்ள கோணத்தை அளந்தால் தூரம் தெரிந்துவிடும்! செங்கனல் ஒரு நாளில் ஒரு முறை சுழல்கிறது, காற்று வினாடிக்கு 400 கி.மீ. வேகத்தில் வீசுகிறது என்று வையுங்கள். 35 இலட்சம் கி.மீ.இல் 32 பாகை, நடுக்கோளில் 52, 140 இலட்சத்தில் 68. மாதத்துக்கு ஒரு முறை சுழன்றால் நடுக்கோளில் 3 பாகை கூடத் தேறாது, எனவே வேகச் சுழற்சியே வையுங்கள். வேகமாகச் சுழலும் சிவப்பு நட்சத்திரங்களுக்குத்தான் புலமும் பலமாக இருக்கும். பக்கவாட்டுப் பங்கு சேர்வதால் 0.08 என்பது 0.13 ஆகிவிடும்.

இன்னொன்று. ஒரு பகுதியில் புலம் வெளிநோக்கியும் அடுத்ததில் உள்நோக்கியும் இருக்கும், நட்சத்திரம் சுழலும்போது இவை மாறி மாறிக் கப்பலைக் கடக்கும், ஒரு சுற்றுக்கு இரண்டு அல்லது நான்கு தரம். சோளகக் காற்று வாடைக்காற்றாக மாறுகிற மாதிரி முள் தலைகீழாகத் திரும்பிவிடும். எந்த நேரம் எந்தப் பக்கம் என்ற பஞ்சாங்கம் இல்லாமல் உங்கள் தண்டல் (கப்பல் தலைவர்) கப்பலை எடுக்கவே மாட்டார்.

பாய்மரம்:
அக்கா, இது எனக்குத் தோன்றியே இருக்காது. கோள்களுக்கும் சொந்தக் காந்தப்புலம் வைத்திருக்கிறேன், அது குழப்பாதா?

பௌதிக சேர்:
கோளுக்குக் கிட்ட வந்தால் கோளின் புலம்தான் ஆளும். பூமியில் அந்த எல்லை சூரியப் பக்கமாக ஏறக்குறைய 65,000 கி.மீ. உயரத்தில். உமது நட்சத்திரக் காற்று பலமானது, ஆகவே எல்லையை இன்னும் கிட்டக் கொண்டுவாரும். அதைத் துறைமுக வாய் என்றே வைக்கலாம், அதைத் தாண்டியதும் முள் வேறு எஜமானுக்குக் கீழ்ப்படியும்.

பாய்மரம்:
மூன்றாம் அத்தியாயத்தை முழுதாகத் திருப்பி எழுதுகிறேன். கடைசியாக ஒன்று: நட்சத்திரம் வெடித்துச் சீறினால் மாலுமிகளுக்கு எவ்வளவு அவகாசம் கிடைக்கும்?

கரவெட்டி அக்கா:
நடுக்கோளுக்கு அருகில் நின்றால் சீறலின் வெளிச்சம் 23 வினாடியில் கண்ணுக்குத் தெரியும். பின்னால் வரும் வாயு மேகம் வினாடிக்கு 1000 கி.மீ. வேகம் என்றால் இரண்டு மணித்தியாலத்துக்குச் சற்றுக் குறைவு. அது வந்து சேர்ந்ததும் முள் தாறுமாறாக ஆடும், கோணத்தை நம்பக் கூடாது. பாயை இறக்கவும் கடைசியாக அளந்த கோணத்தைப் பலகையில் குறித்து வைக்கவும் அந்த நேரம் தாராளம்.